உன் ஆமைகளுக்கு நான் வைத்த சூடு

இன்று காலை சூலூர்ப் பக்கம் கோழிக்குஞ்சு பொரிக்கிற ஒரு ஹேச்சரியில் கரண்ட் பேனலைத் திறந்தேன். கருகல் வாசனை முகத்தில் அடித்தது. முட்டைப் பெட்டியின் ஹீட்டரைப் போட்டு நிறுத்துகிற தெர்மோஸ்டாட்டில், தொட்டு விலகுகிற பாயிண்ட் இரண்டும் உருகி ஒன்றோடொன்று ஒட்டிப்போயிருந்தன. ஒட்டிவிட்டால் ஹீட்டர் நிற்காது, சூடு ஏறிக்கொண்டே போகும். அதற்காகத்தான் இரண்டாவதாக ஒன்றை வைப்பது. முதலாவது கைவிட்டால் அது நிறுத்தி மணியடிக்கும். இங்கே அது நிறுத்தியிருந்தது, முட்டைகள் பிழைத்தன. பண்ணைக்காரர், "இன்னொண்ணுதான் நல்லா இருக்குதுங்களே, அடுத்த வாரம் வரைக்கும் அதுலயே ஓட்டிக்கலாமுங்களா?" என்று கேட்டார். "அப்படின்னா வேற ஆளப் பாத்துக்குங்க" என்றேன். கேட்டதற்குத் தேவையில்லாத கோபம். அவர் ஒன்றும் புரியாமல் நகர்ந்துபோனார். சோப்பு போட்டுக் கை கழுவியும் அந்த வாசனை போகவில்லை. அதனால்தான் இதை எழுதுகிறேன்.

சுற்றி வளைக்கத் தெரியாது எனக்கு. உன் ஆமைகளைப் பற்றிப் பதினொரு நாள் உன்னிடம் பொய் சொன்னேன். நீ படுக்கையில் இருந்தாய், நான் பக்கத்து ஸ்டூலில் இருந்தேன், ஆமைகள் மண்ணுக்குள் இருந்தன.

பாலிடெக்னிக்கில் மூன்று வருஷம் ஒரே பெஞ்ச். அப்புறம் நீ பீளமேட்டுப் பம்ப் கம்பெனிக்குப் போனாய், நான் ஹேச்சரி ஹேச்சரியாகப் பேனல் மாட்டிக்கொண்டு அலைந்தேன். இருபத்தைந்து வயதில் உனக்குக் கால் வீங்கியது, பிறகு முகம். டாக்டர் உன் அம்மாவைத் தனியாகக் கூப்பிட்டுப் பேசினார். உன்னிடம் எல்லோரும் ஒரே பாட்டைப் பாடினார்கள், மாத்திரையிலேயே சரியாகிவிடும் என்று. நீ ரிப்போர்ட்டை எடுத்துக்கொண்டு ஆஸ்பத்திரி வாசல் டீக்கடைக்கு என்னைக் கூட்டிப்போனாய். நான் படித்தேன். "ரெண்டு கிட்னியும் போச்சுடா. யாராவது ஒண்ணு குடுத்தாத்தான் உண்டு. அது வரைக்கும் மெஷின்" என்றேன். நீ டீயைக் குடிக்காமல் ரிப்போர்ட்டை நாலாக மடித்துச் சட்டைப் பைக்குள் வைத்தாய். விஷயம் தெரிந்து உன் அம்மா ஒரு வாரம் என்னோடு பேசவில்லை. நீதான் சமாதானம் சொன்னாய்: "உடும்மா. இவன் மீட்டர் மாதிரி. இருக்கறதத்தான் காட்டுவான்."

எனக்கு அது பெருமையாக இருந்தது. யாரும் அப்படி ஒரு நல்ல வார்த்தை எனக்குச் சொன்னதில்லை.

அம்மாவின் கிட்னி பொருந்தவில்லை. நீ வேலையை விட்டாய். வாரத்தில் இரண்டு நாள் டயாலிசிஸ் மெஷின், மற்ற நாள் சிங்காநல்லூர் லைன் வீட்டில் கட்டில். அப்போதுதான் காந்திபுரத்து மீன் கடையிலிருந்து அந்த இரண்டையும் வாங்கி வந்தாய். உள்ளங்கையில் அடங்குகிற பச்சை ஆமைகள், காதோரம் சிவப்புக் கோடு. பெரியவன், சின்னவன் என்று பெயர் வைத்தாய். இதெல்லாம் ஒரு வேலையா என்று கேட்டேன். உனக்கு ஒரு நாளைக்கு இத்தனை டம்ளர்தான் தண்ணீர் என்று டாக்டர் அளவு போட்டிருந்த காலம் அது. "எனக்குத்தான்டா அளவு. இவனுகளாவது மூழ்கி எந்திரிக்கட்டும்" என்று சிரித்தாய்.

மார்கழி வந்தது. நம் ஊர்க் குளிர் நமக்கு ஒரு ஸ்வெட்டரோடு சரி. ஆமைக்கு அப்படி இல்லை. உடம்பில் சொந்தமாகச் சூடு கிடையாது, வெளியிலிருந்து வாங்கினால்தான் உண்டு. இரண்டும் தின்பதை நிறுத்தின. சின்னவனுக்குக் கண் வீங்கியது. மீன் கடைக்காரர் சூடும் வெளிச்சமும் வேண்டும் என்று சொன்னாராம். நீ என்னைக் கூப்பிட்டாய். எனக்கு அன்றாடம் செய்கிற வேலை. தொட்டியைச் சுற்றி நான்கு பக்கமும் தெர்மாகோல், மேலே தெர்மாகோல் மூடி, உள்ளே நூறு வாட் குண்டு பல்ப் இரண்டு, காற்றைக் கலக்க ஒரு சின்ன ஃபேன், ஹேச்சரி தெர்மோஸ்டாட். நான்கு மூலையிலும் தெர்மாமீட்டர் வைத்துப் பார்த்தேன். நான்கும் முப்பது டிகிரி. இதைவிட ஒழுங்காக யாரும் செய்ய முடியாது என்று உன்னிடமே சொன்னேன்.

நீ கட்டிலில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தாய். "ஒரு பக்கம் சூடு, ஒரு பக்கம் ஜில்லுன்னு இருக்கோணும்டா. வேணும்னா பல்ப் கிட்ட வரும், போதும்னா அந்தப் பக்கம் போயிரும்."

"இத்தன வருஷமா லட்சக்கணக்கான முட்டைக்குச் சூடு வெச்சவன்கிட்டச் சொல்றயா?"

"முட்டைக்குக் கால் இல்லடா. இதுகளுக்கு இருக்குது."

நான் சிரிக்கவில்லை. என் வேலையில் ஒரு மூலைக்கும் இன்னொரு மூலைக்கும் அரை டிகிரி வித்தியாசம் வந்தாலே அசிங்கம். நீ சொன்னது எனக்கு அரைகுறை வேலை மாதிரிப் பட்டது. பையில் இன்னொரு தெர்மோஸ்டாட்டும் கிடந்தது. மாட்ட அரை மணி நேரம் ஆகும். பல்லடத்தில் ஒருவர் காத்திருந்தார். ரெண்டு ஆமைக்கு எதற்கு ரெண்டு என்று ஜிப்பை இழுத்து மூடினேன். எந்த ஹேச்சரியிலும் நான் அப்படிச் செய்ததில்லை.

ஒரே வாரத்தில் இரண்டும் தின்ன ஆரம்பித்தன. சின்னவன் கண் திறந்தான். நீ அதோடு விடவில்லை. ஜன்னல் கண்ணாடி வழியாக வருகிற வெயில் ஆமை ஓட்டுக்கு உதவாது என்று கடைக்காரர் சொன்னாராம். தினமும் காலையில் பேசினில் போட்டுப் பின்வாசல் வெயிலுக்குக் கொண்டுபோவாய். இடது கையில் மெஷினுக்காக நரம்பைச் சேர்த்துத் தைத்திருந்தார்கள், அந்தக் கையால் எதையும் தூக்கக் கூடாது. வலது கையால் பேசினை இடுப்போடு அணைத்துத் தள்ளாடித் தள்ளாடிப் போவாய். பல்பே போதும் என்று நான் கத்துவேன். மூடியையும் ஒரு பக்கம் நான்கு விரல் அகலம் நகர்த்தி வைத்திருப்பாய், குளிர்ந்த பக்கம் ஒன்று இருக்கட்டும் என்று. வரும்போதெல்லாம் அதைத் தள்ளி மூடிவிட்டுத்தான் உட்காருவேன். நான் போனதும் நீ மறுபடி நகர்த்துவாய். நமக்குள் அது ஒரு விளையாட்டு மாதிரி ஆகிப்போனது.

தை கடைசியில் அந்த இடது கையில் சீழ் வைத்துக் காய்ச்சல் வந்தது. ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள். அம்மா உன்னோடேயே தங்கிவிட்டார். நீ ஸ்ட்ரெச்சரில் இருந்துகொண்டே சொன்னாய், "ஊட்டுச் சாவிய அவன்கிட்டக் குடும்மா."

நீ சேர்ந்த மறுநாள் போய் இரை போட்டேன். நீ விட்டிருந்த அந்த நான்கு விரல் சந்து திறந்திருந்தது. இனி நகர்த்த ஆள் இல்லை. மூடியைச் சரியாகப் பொருத்தி, சுற்றிலும் இன்சுலேஷன் டேப் ஒட்டினேன். வேலை சுத்தமாக இருக்கிறது என்று திருப்தி.

அதற்கு அடுத்த நாள் அந்த லைனில் கரண்ட் போய்ப் போய் வந்திருக்கிறது. பக்கத்து வீட்டுக்காரர் பிறகு சொன்னார். மத்தியானம் நான் போனபோது வீடு முழுக்க இதே கருகல் வாசனை. டேப் பிசுபிசுவென்று இளகியிருந்தது. தெர்மோஸ்டாட் பாயிண்ட் ஒட்டிப்போய், பல்ப் இரண்டும் அணையாமல் எரிந்துகொண்டிருந்தன. தெர்மாமீட்டர் நாற்பத்தெட்டு காட்டியது. தண்ணீருக்குள் கை விட முடியவில்லை. இரண்டும் பல்புக்கு எதிர் மூலையில் இருந்தன. சின்னவன் மேல் பெரியவன் ஏறி, கழுத்து முழுக்க நீண்டு, மூக்கு தெர்மாகோலில் பதிந்திருந்தது. அந்த இடத்தில் தெர்மாகோல் நகத்தால் பிறாண்டிப் பிறாண்டிப் பொடியாகக் கொட்டியிருந்தது. நீ எப்போதும் சந்து விட்டு வைக்கிற பக்கம் அதுதான்.

அந்த மூலையும் மற்ற மூன்று மூலைகளைப் போலவேதான் இருந்தது. அப்படித்தானே செய்து வைத்திருந்தேன்.

பின்வாசல் பப்பாளி ஓரத்தில் குழி தோண்டிப் புதைத்தேன். தொட்டியைக் கழுவிக் கவிழ்த்து வைத்தேன். மீன் கடைக்குப் போனேன், அதே அளவில் இரண்டு இருக்கிறதா என்று. அவ்வளவு கேவலமாக யோசித்தேன். மெட்ராஸிலிருந்து அடுத்த மாதம்தான் வரும் என்றார்.

சாயங்காலம் உன்னிடம் சொல்லிவிடுவது என்றுதான் ஆஸ்பத்திரி மாடிப்படி ஏறினேன். ரெண்டு கிட்னியும் போச்சு என்பதையே உன் முகத்தைப் பார்த்துச் சொன்னவன் நான். இது எவ்வளவு? உட்காருவதற்குள் நீ கேட்டாய்.

"சாப்பிட்டானுகளா?"

உதடு வெடித்துத் தோல் உரிந்திருந்தது உனக்கு. மூக்கில் குழாய்.

"ரெண்டு பேரும் நல்லாச் சாப்பிட்டானுகடா."

அப்புறம் தினமும் அதுதான். ஒரு பொய்யோடு நிற்கவில்லை. பெரியவன் தொட்டிக்குள் இருக்கிற செங்கல் மேல் ஏறிக் காலை நீட்டிக்கொண்டு கிடந்தான் என்றேன். சின்னவன் கீரைத் தண்டை இழுத்துக்கொண்டு சுற்றினான் என்றேன். வண்டியில் வரும்போதே அன்றைக்கு எதைச் சொல்வது என்று தயார் பண்ணிக்கொண்டு வருவேன். நீ நோண்டி நோண்டிக் கேட்டாய். யார் முதலில் ஏறினான், பல்ப்பை ராத்திரி அணைத்தாயா, வெயிலில் எவ்வளவு நேரம் வைத்தாய். மூச்சு வாங்க வாங்கக் கேட்டாய். ஐந்தாம் நாளோ ஆறாம் நாளோ, சின்னவன் செங்கலில் ஏறினான் என்று சொன்னபோது, "அவன் ஏற மாட்டானேடா, பின்னங்கால் சொத்தை" என்றாய். எனக்கு வேர்த்தது. உடனே நீயே, "ஏறியிருப்பான், ஏறியிருப்பான். இப்பத்தான் தெம்பு வந்துருச்சல்ல" என்றாய். தப்பித்தேன் என்று நினைத்தேன்.

பன்னிரண்டாம் நாள் நான் போனபோது கட்டில் விரிப்பை மாற்றிக்கொண்டிருந்தார்கள்.

கருமாதி முடிந்து எல்லோரும் போன பிறகு அம்மாவிடம் சாவியைக் கொடுக்கப் போனேன். உனக்குச் சொல்லாததை அவரிடமாவது சொல்ல வேண்டும். உன் சட்டைகளை மடித்து மூட்டை கட்டிக்கொண்டிருந்தார்.

"அம்மா, அந்த ஆமைங்க செத்துப்போச்சுங்க. நாந்தானுங்க கொன்னுபோட்டேன்."

அவர் நிமிரவில்லை. "தெரியுங் கண்ணு."

"அவனுக்குத் தெரியாதுங்கம்மா. நான் சொல்லலீங்க."

"அவனுக்குந் தெரியும். மாத்துச் சேலை எடுக்க வந்தனல்ல, எங்கிட்ட இன்னொரு சாவி இருந்துச்சு. தொட்டி கவுந்து கெடந்துச்சு, பப்பாளிக்கிட்டப் புது மண்ணு. அன்னிக்குச் சாயங்காலம் நீ வந்துட்டுப் போனதுக்கப்பறம் அவங்கிட்டச் சொல்லிப்போட்டேன்."

எந்த நாள் என்று கேட்டேன். நீ சேர்ந்த நாலாம் நாள் என்றார். நான் பொய் சொல்ல ஆரம்பித்து இரண்டாம் நாள். அதாவது மீதி ஒன்பது நாளும் நீ தெரிந்தேதான் கேட்டிருக்கிறாய்.

"அப்பறம் ஏனுங்கம்மா என்கிட்டத் தெனமும் கேட்டுட்டே இருந்தான்?"

ஒரு சட்டையை மடித்து, பிரித்து, மறுபடி மடித்தார். "நானுந்தான் கேட்டேன். அவன்கிட்டத் தெரியும்னு ஒரு வார்த்தை சொல்லீரு சாமி, பாவம் அந்தப் பையன் தவிக்கறான்னு. 'சொன்னா அவன் நாளைக்கு வரமாட்டாம்மா'ன்னான்."

சரியாகத்தான் கணித்திருக்கிறாய். வந்திருக்க மாட்டேன். ஒரு நாள் வேலை என்பேன், மறுநாள் வண்டி ரிப்பேர் என்பேன். குற்றம் செய்த முகத்தோடு ஒருவர் முன்னால் உட்காரத் தெம்பு கிடையாது எனக்கு. என்னைப் பற்றி இதை நீ என்னிடம் ஒருபோதும் சொன்னதில்லை. தெரிந்து வைத்திருந்தாய், அவ்வளவுதான்.

இப்போது அந்த நாட்களை ஒவ்வொன்றாக எடுத்துப் பார்க்கிறேன். ஒவ்வொரு சாயங்காலமும் பார்வையாளர் நேரம் முடிந்து நான் எழுந்ததும், போர்வைக்கு வெளியே இரண்டு விரலை மட்டும் தூக்கி நீ ஒன்றையே சொன்னாய்: "இன்னிக்கு என்ன பண்ணுறானுகன்னு பாத்துட்டு, நாளைக்கு வந்து சொல்லு." நாளைக்கு இன்னும் ஒரு பொய்யைத் தேட வேண்டுமே என்று எரிச்சலோடு படியிறங்குவேன்.

நீ வா என்றுதான் சொல்லியிருக்கிறாய்.