அப்பா தள்ளிக் காட்டிய சிப்பாய்

என் கண்ணான மகனுக்கு, அம்மா எழுதுவது. நீ அங்கே வேளாவேளைக்குச் சாப்பிட்டு, உடம்புக்கு ஒன்றும் வராமல் இருக்க வேண்டும் என்பதுதான் எங்கள் இரண்டு பேருக்கும் இப்போது இருக்கும் ஒரே வேண்டுதல். நாங்களும் இங்கே சுகம் என்று எழுதத்தான் பேனாவை எடுத்தேன், மனசு வரவில்லை, பொய் எதற்கு. போன் போட்டால் நீ எடுப்பதில்லை, செய்தி அனுப்பினால் பார்த்ததாகக்கூடக் காட்டுவதில்லை. அக்கா கூப்பிட்டால் மட்டும் எடுத்து, உயிரோடதான் இருக்கேன்னு சொல்லிடு என்று சொல்லி வைத்துவிடுகிறாயாம். அதனால்தான் காகிதம். இதையாவது உன்னால் ஸ்விட்ச் ஆஃப் செய்ய முடியாதே. முதலில் வீட்டுச் சேதி. அக்காவின் சின்னவளுக்கு முன்பல் விழுந்துவிட்டது, சிரித்தால் கிழவி மாதிரி இருக்கிறாள். குளியலறைக் குழாய் மறுபடியும் ஒழுகுகிறது. ஊரில் இருக்கிற லிஃப்டை எல்லாம் பழுதுபார்த்த மனுஷன் வீட்டில் ஒரு வாஷர் மாற்ற ஆளில்லை, வாளியை வைத்திருக்கிறேன். மருந்துக்கடையில் என்னை உட்கார்ந்து பில் போடச் சொல்லிவிட்டார்கள், முட்டிவலி கொஞ்சம் பரவாயில்லை. உன் அப்பா சரியாகச் சாப்பிடுவதில்லை. இந்த ஒரு வரியை எழுதத்தான் மேலே அத்தனையும் எழுதினேன்.

நடந்ததில் அந்த வீடியோவில் தெரிந்த அளவுதான் உனக்குத் தெரியும். மீதியை நான் சொல்கிறேன். அவருக்கு வக்காலத்து வாங்குகிறேன் என்று நினைக்காதே, எனக்கும் அவர்மேல் ஆத்திரம் ஆத்திரமாகத்தான் வருகிறது. போன லீவில் நீ சாப்பாட்டு மேஜையில் செஸ் பலகையை விரித்துவைத்துக்கொண்டு உன் ராஜாவுக்காகப் புது ஆட்டம் தயார் செய்துகொண்டிருந்தாய். உலகப் பட்டத்துக்கு ஆடுகிற அந்தப் பெரிய மனுஷரை நான் அப்படித்தான் சொல்வேன், நீ கோபித்துக்கொண்டாலும் சரி. டீ கொண்டுவந்த அப்பாவைப் பக்கத்தில் உட்காரவைத்து, ஓரத்துச் சிப்பாயை இரண்டு கட்டம் தள்ளிக் காட்டி, இதுக்கு இன்னைக்கு உலகத்துல யார்கிட்டயும் பதில் இல்லப்பா, தப்பித்தவறிகூட வாயைத் திறந்துடாதீங்க என்றாய். அன்றைக்கு அவர் முகத்தைப் பார்க்கணுமே. உனக்கு கிராண்ட்மாஸ்டர் பட்டம் கிடைத்த அன்றுகூட மனுஷன் அப்படிப் பூரித்துப்போகவில்லை. உனக்குக் காய் நகர்த்தச் சொல்லிக்கொடுத்ததே அவர்தான், ஆனால் பத்து வயதில் உன் கோச், இவரோட ஆடினா பையன் ஆட்டம் கெட்டுப்போகும் என்று சொன்னதிலிருந்து அவர் உன் எதிரில் உட்கார்ந்ததே இல்லை. மாவட்டம், மாநிலம், இளையோர் பட்டம் என்று நீ போன இடமெல்லாம் ஹாலுக்கு வெளியே தண்ணீர் பாட்டிலை வைத்துக்கொண்டு நின்றவர். அத்தனை வருஷம் கழித்து நீயாகக் கூப்பிட்டு ஒரு ரகசியம் சொன்னாய். மாதக்கணக்கில் அதைக் காப்பாற்றினார். நான் கேட்டதற்குக்கூடச் சொல்லவில்லை, எனக்குச் சொன்னால் மட்டும் என்ன புரிந்துவிடப்போகிறது.

பட்டப்போட்டியின் மூன்றாவது ஆட்டத்தை சைக்கிள் கடை மாடியில் இருக்கும் செஸ் கிளப்பில் எல்லோருமாகப் பார்த்தார்கள். நீ தயார் செய்த ஆட்டம் அப்படியே வந்துகொண்டிருந்ததாம், கடைசி நேரத்தில் அந்த எதிராளி வேறு பக்கம் திரும்பிவிட்டானாம். ஆட்டம் முடிந்ததும் இவருக்குத் தாங்கவில்லை. அடடா, தப்பிச்சுட்டான்யா, குதிரை மட்டும் இங்க வந்திருந்தா என் பையன் என்ன வெச்சிருந்தான் தெரியுமா என்று சொல்லிச் சிப்பாயைத் தள்ளிக் காட்டிவிட்டார். எல்லோரும் கைதட்டினார்களாம். கண்ணாடிக்கடைக்காரர் அதைப் படம் பிடித்து, நம் ஊர்ப் பிள்ளையின் அப்பா விளக்குகிறார் என்று பெருமையாகப் போட்டுவிட்டார், அவரிடமும் சூது வாது கிடையாது. ஆட்டம்தான் முடிந்துவிட்டதே, இனி அந்த நிலை வரவே வராது என்று நினைத்துவிட்டாராம் உன் அப்பா. தாண்டிப்போன மாடிக்கு லிஃப்ட் திரும்ப வராது என்று நினைத்த ஒரே லிஃப்ட் மெக்கானிக் இவர்தான். ஐந்தாவது ஆட்டத்தில் அந்த எதிராளி தானாகவே அதே வழியில் வந்தான், உன் ராஜா ஆசையாகச் சிப்பாயைத் தள்ளினார், வீடியோவைப் பார்த்துத் தயாராக வந்தவன் யோசிக்காமல் குதிரையால் வெட்டினான். மேற்கொண்டு நடந்தது உனக்குத் தெரியும். ஆட்டமும் போயிற்று, பட்டமும் போயிற்று, உன் வேலையும் போயிற்று.

உன் வேலை எனக்கு என்றைக்கும் பிடித்ததில்லையடா. உன் வயதில் உன்னோடு ஆடியவர்கள் எல்லாம் படித்து வேலைக்குப் போய்விட்டார்கள், நீ மட்டும் இதே கதி என்று கிடந்தாய். தரவரிசையில் மேலேயும் போக முடியவில்லை, விட்டுவிட்டு வரவும் முடியவில்லை. கடைசியில் இன்னொருவருக்காக ராப்பகலாய் மண்டையை உடைத்துக்கொள்ளும் வேலை. ஜெயித்தால் அவர் பெயர், தோற்றால் உன் பெயர். இப்போது ரகசியத்தை விற்றுவிட்டான் என்றே பேசுகிறார்களாம், ஆட வரச்சொன்ன போட்டி நடத்துபவர்களும் வேண்டாம் என்றுவிட்டார்களாம், இனிமேல் எந்த ஆட்டக்காரர் உன்னைப் பக்கத்தில் சேர்ப்பார்? வேறு என்ன வேலை தெரியும் உனக்கு? கண்ணுக்கு ஒரு வழியும் தெரியவில்லை. எல்லாம் சரியாகிவிடும் என்று அக்கா சொல்கிறாள், அவள் சின்னதிலிருந்தே அப்படித்தான் சொல்வாள்.

உனக்குத் தெரியாத ஒன்று இருக்கிறது. உன் ராஜாவின் மேனேஜர் விசாரிப்பதற்காக வீடியோ காலில் கிளப்புக்குப் பேசுவதாகச் சொன்னார். அப்பா இஸ்திரி போட்ட சட்டையைப் போட்டுக்கொண்டு, நீயும் வா என்று என்னையும் கூட்டிக்கொண்டு போனார். அங்கே போய் உட்கார்ந்து, என் பையன் ஒண்ணும் சொல்லலீங்க, அந்த நகர்த்தலை நானே கண்டுபிடிச்சேன் என்றார். கிளப்பில் எல்லோரிடமும் தோற்றவர் என்று பெயர் எடுத்த மனுஷன்! கிளப் செக்ரட்டரி தலையைக் குனிந்துகொண்டார். அந்த மேனேஜர் கோபப்படவில்லை, மரியாதையாகத்தான் கேட்டார். நீங்களே கண்டுபிடிச்சதுன்னா குதிரையால வெட்டினா என்ன ஆடணும்னு பார்த்து வெச்சிருப்பீங்களே, கொஞ்சம் காட்டுங்களேன் என்றார். அப்பா கை பலகைமேலேயே நின்றது. எந்தக் காயைத் தொடுவது என்று தெரியாமல் அங்கேயும் இங்கேயும் போயிற்று. கடைசியில் பிஷப்பை எடுத்து வைத்தார். ராணி போயிடும் சார் என்று கண்ணாடிக்கடைக்காரர் மெதுவாகச் சொன்னார். மேனேஜர் நன்றி சொல்லிவிட்டு வைத்துவிட்டார். மாடிப்படி இறங்கும்போது கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு இறங்கினார் உன் அப்பா, அந்த ஆளை நான் அப்படிப் பார்த்ததே இல்லை. திட்டலாம் என்றிருந்தவள் அவருடைய இன்னொரு கையைப் பிடித்துக்கொண்டு இறங்கினேன்.

அன்றிலிருந்து சாப்பாட்டு மேஜையில் பலகைதான் இருக்கிறது, நாங்கள் தட்டை மடியில் வைத்துக்கொண்டு சாப்பிடுகிறோம். அந்தக் குதிரைக்குப் பதில் தேடுகிறாராம். கறுப்புக் காய்களை நான் பிடிக்க வேண்டும், வெட்டு என்றால் வெட்டுவேன், எடு என்றால் எடுப்பேன். அடுத்த தடவை கேட்டா கரெக்டா சொல்லிடுவேன் பார் என்கிறார். யாரும் இனிமேல் கேட்கப் போவதில்லை என்று அவரிடம் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. உன் ராஜாவே அரைமணி நேரம் தலையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தும் கிடைக்காத பதில் இவருக்கா கிடைக்கப்போகிறது. ஒவ்வொரு தடவையும் ராணிதான் போகிறது.

நீ அவரை மன்னிக்க வேண்டும் என்று நான் கேட்கவில்லை. என்னாலேயே இன்னும் முடியவில்லை. நீ நன்றாக இருக்க வேண்டும், நோய் நொடி இல்லாமல், தலை நிமிர்ந்து நடக்க வேண்டும், பெற்றவளின் ஆசீர்வாதம் எப்போதும் உன்னோடு இருக்கும். அறைக்குள்ளேயே அடைந்துகிடக்காமல் வெளியே இறங்கிக் கொஞ்சம் நட. சாப்பாட்டை மட்டும் தள்ளிப்போடாதே. ஒன்றே ஒன்றுதான் ஞாபகமாகச் செய்யவேண்டும், அப்பா கேட்டு எழுதச் சொன்னது. குதிரை வெட்டினால் யானையை நடுவுக்குக் கொண்டுவந்தால் தாங்குமா தாங்காதா என்று நீ சொல்ல வேண்டுமாம். அவன் நமக்கெல்லாம் பதில் போடமாட்டான், சும்மா இருங்க என்றேன். அவர் பலகையிலிருந்து தலையை எடுக்காமலே சொன்னார், அப்பா எப்படி இருக்கார்னு கேட்டு எழுத மாட்டான்தான், ஆனா ஆட்டத்துல சந்தேகம் கேட்டா பதில் சொல்லாம அவனால இருக்க முடியாது.

இப்படிக்கு,
உன் பதிலுக்கு வாசலைப் பார்த்துக்கொண்டிருக்கும்
அம்மா