எலியைத் தொடாத அத்தான்

அத்தான்,

போன வாரம் மகள் சிங்கப்பூரிலிருந்து வரும்போது புதுக் கணினி ஒன்றைத் தூக்கிக்கொண்டு வந்தாள். பழையது திறப்பதற்குள் நான் சோறு வடித்து முடித்துவிடலாம், அவ்வளவு மந்தம். புதியது பளபளவென்று இருக்கிறது, தொட்டால் ஓடுகிறது, எல்லாம் சரி. ஆனால் நம் சீட்டாட்டத்தைக் காணோம். வழக்கமாக இருக்கும் மூலையில் தேடினேன், இல்லை. மகளைக் கேட்டால், "அதெல்லாம் இப்ப நாமதான் டவுன்லோட் பண்ணணும்மா" என்கிறாள். பண்ணினேன். ஓர் ஆட்டம் முடிவதற்குள் சோப்புத்தூள் விளம்பரம் வந்து கத்தியது. அதை அழித்துவிட்டு இன்னொன்றை இறக்கினேன். அது என் பிறந்த நாளைக் கேட்டது. சீட்டாடுவதற்கு என் பிறந்த நாள் எதற்கு? அதையும் அழித்தேன்.

ஒருவழியாக நேற்று மத்தியானம் நம்முடைய பழைய சொலிட்டேர் போலவே ஒன்று கிடைத்தது. அதே பச்சை விரிப்பு, அதே ஏழு வரிசை. சீட்டுகள் விழுந்ததும், "அவசரப்படாத பிள்ள, முதல்ல மொத்தத்தையும் பாரு" என்று எனக்குப் பின்னாலிருந்து நீங்கள் சொல்வீர்கள் என்று கொஞ்ச நேரம் சும்மா உட்கார்ந்திருந்தேன். யாரும் சொல்லவில்லை. அப்புறம் என்ன, அவசரப்பட்டு ஆடித் தோற்றேன்.

சீட்டு என்றால் உங்களுக்கு எப்படிப்பட்ட பைத்தியம் என்று எனக்கு என் கல்யாணத்துக்கு முன்பே தெரியும். பெக்கோக் பக்கத்துத் தோட்டங்களில் எங்கே சாவு விழுந்தாலும், எண்ணெய் ஆலைக்குச் செம்பனைக் குலை ஏற்றும் லாரியை ஓரங்கட்டிவிட்டு முதல் ஆளாய்ப் போய் நிற்பவர் நீங்கள்தான். "நாலு பேருக்கு ஒத்தாசையா இருக்கணும்ல" என்று அக்காவிடம் சொல்வீர்கள். துக்க வீட்டு ஆம்பளைகள் பாய் விரித்து விடியும்வரை சீட்டாடுவது அக்காவுக்குத் தெரியாதாக்கும்!

அப்படி ஒரு துக்க வீட்டில் நீங்கள் உட்கார்ந்திருந்தபோதுதான் அக்காவுக்கு வலி கண்டது. தலைப்பிரசவம். ரத்தம் நிற்கவில்லை, சிகாமட் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோயிருக்கிறார்கள் என்று ஆள் வந்து சொன்னதும் கையிலிருந்த சீட்டை அப்படியே போட்டுவிட்டு ஓடினீர்கள். போகிற வழியில் தோட்டத்து முனியாண்டி கோயில் முன்னால் லாரியை நிறுத்தி, "அவள எனக்குக் காப்பாத்திக் குடு. இனிமே சீட்டைக் கையால தொட மாட்டேன்" என்று வேண்டிக்கொண்டீர்கள். அக்கா பிழைத்தாள், பிள்ளையும் பிழைத்தது. அதற்குப் பிறகும் துக்க வீடுகளுக்குப் போனீர்கள். ஆனால் பாயைவிட்டுத் தள்ளி நாற்காலி போட்டு, கைகளைத் தொடைக்கு அடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பீர்கள். நான் பார்த்திருக்கிறேன். சிரிப்பும் வரும், பாவமாகவும் இருக்கும்.

என் மகள் இடைநிலைப்பள்ளியில் சேர்ந்த வருஷம் எங்கள் சிகாமட் வீட்டுக்கு முதல் கணினி வந்தது. அந்த ஞாயிற்றுக்கிழமை நீங்களும் அக்காவும் ஒரு சாக்கு மரவள்ளிக்கிழங்கோடு வந்து இறங்கினீர்கள். அவள் பாடம் படிக்கிறேன் என்ற பெயரில் சீட்டாடிக்கொண்டிருந்தாள். நீங்கள் கிழங்கைக் கீழே வைக்கக்கூட மறந்து அப்படியே நின்றுவிட்டீர்கள்.

"அலமாக்! பொட்டிக்குள்ள சீட்டா?"

மகள் எழுந்து இடம் கொடுத்தாள். கையில் பிடித்து நகர்த்தும் அந்தச் சாமானுக்கு மௌஸ் என்று பெயர், அப்படியென்றால் எலி என்றும் சொல்லிக்கொடுத்தாள். அன்றிலிருந்து உங்களுக்கு அது எலிதான். அதன்மேல் நீங்கள் கை வைக்கப் போன நேரம் பார்த்து அக்கா குசினியிலிருந்து வந்தாள். வீடு இரண்டுபட்டது.

"நான் எங்க தொடறேன்? எலிதானே தொடுது?" என்றீர்கள், ஒன்றும் தெரியாத பிள்ளை மாதிரி.

"என் உசுர வச்சு வேண்டுனது அது. எலி தொட்டாலும் பூனை தொட்டாலும் போகப் போறது என் உசுருதான்!"

நான் சிரித்துவிட்டேன். அக்கா சிரிக்கவில்லை. அவளுக்கு நிஜமாகவே பயம். உங்களுக்கோ நிஜமாகவே ஆசை. அன்றைக்குக் கோழிக்கறிச் சாப்பாட்டில் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல் சாப்பிட்டு எழுந்தீர்கள்.

அதற்குத் தீர்ப்பு வாங்கியவளும் அக்காதான். முனியாண்டி கோயில் பூசாரி பூசைச் சாமான் வாங்க சிகாமட்டுக்கு வந்தவரை வழிமறித்து, நேராக எங்கள் வீட்டுக்கே கூட்டிக்கொண்டு வந்துவிட்டாள். உங்களையும் வரச் சொல்லியிருந்தாள். அவர் செருப்பைக் கழற்றிவிட்டு, கண்ணாடியை மாட்டிக்கொண்டு, கணினி முன்னால் கைகட்டி நின்றது இன்னும் என் கண்ணில் நிற்கிறது. மகள் ஓர் ஆட்டம் ஆடிக் காட்டினாள்.

"எதிர்ல ஆடறது யாரு?" என்று கேட்டார்.

"யாரும் இல்ல சாமி. ஒத்த ஆளு ஆட்டம்."

"ஜெயிச்சா என்ன குடுக்கும்?"

"ஒண்ணும் குடுக்காது. சீட்டெல்லாம் துள்ளிக் குதிக்கும்."

"அவ்வளவுதானா? இதுக்கா இந்தச் சண்டை?"

உங்களுக்கு உற்சாகம் வந்துவிட்டது. எலி கதையை எடுத்துவிட்டீர்கள். பூசாரி முழுவதையும் பொறுமையாகக் கேட்டார். கேட்டுவிட்டு, "ஏன்யா, லாரி ஓட்டறப்ப நீ ஸ்டியரிங்கத்தான புடிக்கிற? சக்கரத்தைத் தொடுறியா? அப்ப லாரிய ஓட்டறது யாரு?" என்றார். உங்கள் முகம் தொங்கிப்போனது. அவருக்கே மனசு கேட்கவில்லை போலிருக்கிறது. தாடியைச் சொறிந்துகொண்டு யோசித்தார். "வாயால சொல்ல மாட்டேன்னு வேண்டுனியா?" என்று கேட்டார். இல்லை என்றீர்கள். "அப்பச் சொல்லு. கை வேற யாரோடதாவது இருக்கட்டும்."

எல்லாரும் திரும்பி என்னைப் பார்த்தீர்கள். நான் என்ன பாவம் செய்தேனோ!

பூசாரி தேநீர் குடித்துவிட்டுப் போகிறேன் என்றவர், நாம் ஆடிய முதல் ஆட்டம் முடியும்வரை போகவில்லை. "அந்த ராணிய எடுத்து ராஜா மேல போடும்மா, என்ன பாத்துக்கிட்டு இருக்க!" என்று என்னிடம் முதலில் கத்தியதே அவர்தான்.

அப்படித்தான் நான் உங்கள் கையானேன். ஞாயிற்றுக்கிழமை என்றால் நீங்கள் எனக்குப் பின்னால் நாற்காலி போட்டு, கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு உட்காருவீர்கள். "சிவப்பு ஒம்பதைத் தூக்கி அந்தக் கறுப்பு பத்து மேல வை. இப்ப அந்த ஏஸ மேல அனுப்பு. கட்டுல கை வைக்காத, கீழ இன்னும் வழி இருக்கு." நானாக ஒரு சீட்டை நகர்த்திவிட்டால் போதும், தொலைந்தேன். "நான் சொன்னேனா? நான் சொன்னேனா லா?" என்று எழுந்து நின்று கத்துவீர்கள். பதிலுக்கு நானும் கத்துவேன். என் வீட்டுக்காரர் கடைக்குப் போகிறேன் என்று நழுவிவிடுவார். பெரும்பாலும் தோற்றோம். தோற்றால் அது என் கை செய்த தப்பு. ஜெயித்தால் உங்கள் மூளை. நல்ல நியாயம் அத்தான்!

ஒருமுறை ஆற்றுத் தண்ணீர் ஏறி வருகிறது என்று ஊரே சாமான் தூக்கிக்கொண்டிருந்தபோது, எங்களுக்கு ஒத்தாசை செய்ய லாரியோடு வந்தீர்களே, நினைவிருக்கிறதா? அரிசி மூட்டைக்கு முன்னால் கணினிப் பெட்டியைத் தூக்கி அலமாரி மேல் வைத்தீர்கள். அக்கா அதற்காக உங்களைக் கடைசிவரை மன்னிக்கவில்லை. எனக்கோ வேறொன்றுதான் மறக்கவில்லை. முழங்கால் தண்ணீரில் நின்றுகொண்டு, "எலிய மட்டும் நீ தூக்கு பிள்ள" என்றீர்கள். கம்பியைக் கழற்றிய எலி அது. ஒரு கல்லுக்குச் சமம். இருந்தாலும் தொடவில்லை.

உங்கள் இருதயம் மக்கர் பண்ண ஆரம்பித்த பிறகு, ஆஸ்பத்திரி பக்கம் என்று நீங்களும் அக்காவும் எங்கள் வீட்டிலேயே தங்கினீர்கள். ஞாயிற்றுக்கிழமை ஆட்டம் தினசரி ஆட்டமானது. குரல் இறங்கிவிட்டிருந்தது. கத்துவதற்குப் பதிலாக என் தோளில் இரண்டு தட்டுத் தட்டுவீர்கள். ஒருநாள் காலை அக்கா மீன் வாங்க பாசாருக்குப் போயிருந்தாள். ஆட்டம் அன்று நல்லபடியாக விழுந்தது. எல்லாச் சீட்டும் மேலே போய் ஸ்பேட் ராஜா ஒன்றுதான் பாக்கி. எனக்கு என்ன தோன்றியதோ, எலியைவிட்டுக் கையை எடுத்துவிட்டேன்.

"இத நீங்க வைங்க அத்தான்."

"வேணாம் பிள்ள."

"யாரு பாக்கப் போறா? எந்தக் காலத்து வேண்டுதல் அது! முனியாண்டியே மறந்திருப்பாரு."

"அவரு மறந்தா மறக்கட்டும்," என்றீர்கள். "உங்க அக்கா இன்னும் உசுரோட இருக்காள்ல?"

அந்த வேண்டுதல் என்றைக்கோ நிறைவேறி முடிந்துவிட்டது என்று நான் நினைத்திருந்தேன். உங்களுக்கு அது ஒவ்வொரு நாளும் நடந்துகொண்டே இருந்திருக்கிறது. ஒவ்வொரு நாளும் அக்கா எழுந்து நடமாடுவதைப் பார்த்து, அதற்குப் பதிலாக நீங்கள் கையைக் கட்டிக்கொண்டிருந்திருக்கிறீர்கள்.

அக்கா மீன் பையோடு உள்ளே வந்தாள். "இந்தா, இங்க வா. வந்து இந்த ராஜாவ இழுத்து மேல வை" என்றீர்கள்.

"மீன் கையோட வந்து நிக்கிறேன், இப்பத்தான் உங்களுக்கு ராஜாவா?"

திட்டிக்கொண்டே கையைச் சேலையில் துடைத்துவிட்டு வந்தாள். முதல் தடவை ராஜாவை வேறெங்கோ கொண்டுபோய் விட்டாள். இரண்டாம் தடவை சரியாக வைத்தாள். சீட்டெல்லாம் துள்ளிக் குதித்தன. நீங்கள் கைதட்டிச் சிரித்தீர்கள், மூச்சு வாங்கும்வரை சிரித்தீர்கள். எலியில் கொஞ்ச நாளைக்கு மீன் நாற்றம் போகவில்லை.

அன்று எதற்கு அவளைக் கூப்பிட்டீர்கள் என்று நேற்றுவரை அவளுக்குத் தெரியாது. சொன்னால் அழுவாள் என்று நானும் சொல்லவில்லை. நேற்று நான் தோற்றுவிட்டு உட்கார்ந்திருந்தபோது, அக்கா வந்து பக்கத்தில் நின்றாள். திரையைப் பார்த்தாள். அப்புறம் மெதுவாகக் கேட்டாள்.

"உண்மையச் சொல்லு. நான் இல்லாதப்ப அவரு ஒரு தடவையாவது தொட்டாரா? நான் கோச்சுக்க மாட்டேன். ஆசப்பட்ட மனுஷன். தொட்டிருந்தா எனக்குச் சந்தோசம்தான்."

நடந்ததைச் சொன்னேன். நீங்கள் சொன்ன வார்த்தையை ஒன்றுவிடாமல் சொன்னேன்.

"அதுக்குத்தான் அன்னிக்கு என்னையக் கூப்பிட்டாரா?"

"அதுக்குத்தான்க்கா."

"நான் இருக்கிற வரைக்கும் தொட மாட்டேன்னு உக்காந்திருந்தாரா? அவரும் நானும் நூறு வயசு வரைக்கும் இருந்திருந்தா?"

"நூறு வருசமும் தொட்டிருக்க மாட்டாரு."

"லூசு மனுஷன்," என்றாள். சிரித்தாள். சிரித்துக்கொண்டே அழுதாள். என்னையும் அழவைத்தாள். இருவரும் மூக்கைச் சிந்தி முடித்ததும், "தள்ளு, நான் ஆடறேன்" என்று என்னை எழுப்பிவிட்டு உட்கார்ந்தாள்.

அத்தான், நான் சாமி கும்பிடுவதில் சோம்பேறி என்று உங்களுக்குத் தெரியும். எந்த வேண்டுதலும் எனக்குக் கிடையாது. ஆனால் உங்களுக்காகச் சீட்டு நகர்த்தியே பழகிய என் கை, நீங்கள் போனபின் வேறு வேலை பிடித்துக்கொண்டது. காலையில் அவளுக்குச் சர்க்கரை மாத்திரையை எடுத்துக் கொடுப்பதும், இரத்த அழுத்தம் பார்ப்பதும், படியிறங்கும்போது முழங்கையைப் பிடித்துக்கொள்வதும் இந்தக் கைதான். பிடித்தால் உதறிவிட்டு, "நான் என்ன கிழவியா?" என்று கேட்கிறாள். அவளோடு நான் தினமும் சண்டை போடுகிறேன். ஆனாலும் விடுவதில்லை.

இதை எழுதிக்கொண்டிருக்கும்போது பக்கத்து அறையில், "ஏன் போக மாட்டேங்குது இந்தச் சனியன்?" என்று கணினியைத் திட்டும் சத்தம் கேட்கிறது. சிவப்பு மேல் சிவப்பை வைத்துக்கொண்டிருப்பாள். நல்ல கணீர்க் குரல். தெருமுனை வரைக்கும் கேட்கும். அக்கா இருக்கிறாள், அத்தான்.