நாலு சில்லும் நாலு ஸ்பீக்கரும்

வாப்பா,

இன்று காலை ஒரு ஹோட்டல்காரரின் நாலு சில்லுக் குவாட் பைக் என் கராஜுக்கு வந்தது. முன்பக்கத்து ஸ்பீக்கரின் மூடியைக் கழற்றியதும் கருகிய வயரும் கடல் உப்பும் கலந்த அந்த வாடை மூக்கில் அடித்தது. உள்ளே செம்புக் கம்பி பச்சை பிடித்து, தொட்டால் பொடியாகிற மாதிரிக் கிடந்தது. யாரோ காருக்குப் பூட்டுகிற ஸ்பீக்கரைக் கடற்கரை வண்டியில் பூட்டியிருக்கிறார்கள். மூடியை மூக்குக்குக் கிட்டே கொண்டுபோய் இன்னொருமுறை மோந்து பார்த்தேன்.

"என்ன தங்கச்சி, சரிக்கட்ட ஏலாதா?" என்று வண்டியைக் கொண்டுவந்த டிரைவர் கேட்டார்.

ஏலும் என்று தலையாட்டினேன். இந்த வாடை வந்தால் நீங்களும் வந்துவிடுவீர்கள் என்று அவரிடம் எப்படிச் சொல்வது?

நீங்கள் சத்தமில்லாத மனிதர். உங்களைக் கடைசிக் காலத்தில் மட்டும் கண்டவர்கள் இதை நம்ப மாட்டார்கள். மன்னாரிலிருந்து விரட்டப்பட்டு, உம்மாவோடும் கைக்குழந்தையாயிருந்த மூத்த மகன், என் நானாவோடும் படகில் கற்பிட்டிக் கரையில் வந்து இறங்கியபோது, இங்குள்ள சனம் சோறு ஆக்கி வைத்துக்கொண்டு நின்றதாம். உம்மா இன்றைக்கும் சொல்லுவா. அந்தச் சோற்றை நீங்கள் மறக்கவில்லை. மறக்காததால்தான் அவ்வளவு அடக்கமாக வாழ்ந்தீர்கள். நான் பிறந்தது இங்கே, அகதி முகாமின் ஓலைக் குடிசையில். ரேடியோவைத் தலையணைக்கு அடியில் வைத்துக் கேட்டீர்கள். நானாவும் நானும் சண்டை பிடித்தால் முதலில் படலைச் சாத்திவிட்டுத்தான் எங்களை ஏசுவீர்கள். அடுத்தவர் கிணற்றில் வாளி விடும்போதுகூடக் கயிற்றை விரல் விரலாக இறக்கி, தண்ணீருக்கே தெரியாமல் மொள்ளுவீர்கள். "மெதுவா மகள், மெதுவா." என் சின்ன வயதில் உங்கள் வாயிலிருந்து நான் அதிகம் கேட்டது அதுதான்.

பாலாவியில் உப்பு மூட்டை தூக்கினீர்கள். முதுகு விட்டுப்போன பிறகு, ஆலங்குடாக் கரையில் ஒரு ஹோட்டலுக்குக் காவலாளியாகப் போனீர்கள். அதற்குள் நமக்கென்று ஒரு துண்டுக் காணி, கல்வீடு, நமக்கே நமக்கென்று ஒரு கிணறு எல்லாம் வந்துவிட்டது. வெளிநாட்டுக்காரர் வரத்து நின்று ஹோட்டலை மூடியபோது சாமான்களை விற்றார்கள். எல்லாரும் கட்டிலையும் கதிரையையும் சுற்றி நிற்க, நீங்கள் பின்கொட்டிலில் கிடந்த பழைய குவாட் பைக்கை வாங்கிக்கொண்டு வந்தீர்கள்.

"இந்த வயசில இது என்ன கூத்து?" என்றா உம்மா.

"வெங்காயத் தோட்டத்துக்குப் போற பாதையில சைக்கிள் புதையுது. இது புதையாது" என்றீர்கள். அன்றைக்கு நீங்கள் சொன்ன காரணம் அவ்வளவுதான்.

நான் அப்போது வீட்டில் சும்மா இருந்தேன். வாகனக் கரண்ட் வேலை படித்து முடித்து, சான்றிதழும் எடுத்தாயிற்று. வேலை கேட்டு நான் ஏறாத கராஜ் இல்லை. ஒருவர் சிரித்தார். ஒருவர், "பில் எழுத ஆள் வேணும், அதுக்கு வாறியா?" என்றார். இன்னொருவர் என்னோடு கதைக்கவே இல்லை. கூட வந்த உங்களைப் பார்த்து, "ஏன் ஹாஜியார், வீட்டில கஷ்டமா?" என்று கேட்டார். நீங்கள் ஹாஜியாரும் இல்லை. என்னைக் கூட்டிக்கொண்டு பஸ் ஏறினீர்கள். பஸ்ஸில் யன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டே இருந்தீர்கள். எனக்கு உங்கள்மேல்தான் கோபம் வந்தது. அந்த ஆளுக்கு ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே என்று.

அடுத்த வாரம் ஒரு காலை, தேத்தண்ணிக் கோப்பையை வைத்துவிட்டுச் சொன்னீர்கள்: "மகள், அந்த பைக்குக்குப் பாட்டு பூட்டோணும். நீ பூட்டு."

"எவ்வளவு சத்தமா வேணும்?"

"இவ்வளவு வருசம் நான் மெதுவாக் கதைச்சதுக்கெல்லாம் சேர்த்து" என்றீர்கள். உம்மா அடுப்படியிலிருந்து எட்டிப் பார்த்தா. நீங்கள் சிரிக்கவில்லை.

புத்தளம் டவுன் கடையில் நாம் போட்ட சண்டை நினைவிருக்கிறதா? பஸ்ஸுக்குப் பூட்டுகிற பெரிய ஸ்பீக்கர்ப் பெட்டி இரண்டைக் கண்டதும் உங்களுக்கு வேறு ஒன்றும் கண்ணில் படவில்லை. "இதுதான். நெஞ்சுக்குள்ள இடிக்கோணும்." கடைக்காரரும் உங்கள் பக்கம். இந்த பைக்கின் எஞ்சின் பெட்டரிக்குக் கொடுக்கிற கரண்ட் கொஞ்சம்தான், இந்தப் பெட்டிகள் அதை உறிஞ்சிக் குடித்துவிடும், உள்ளே கடதாசி, கடல் காற்றுக்கு ஒரு மாரி தாங்காது என்று நான் சொல்லச் சொல்ல, அவர் உங்களைப் பார்த்தே விலை சொல்லிக்கொண்டிருந்தார். அப்போதுதான் நீங்கள் திரும்பினீர்கள்.

"தம்பி, பூட்டப் போறது அவ. எனக்கு இதில ஒரு மண்ணும் தெரியாது. அவவோட கதைங்க."

அவர் மேசைக்கு மேலால் என் பக்கம் திரும்பினார். படகுக்குப் பூட்டுகிற, தண்ணி பட்டாலும் தாங்குகிற சின்ன ஸ்பீக்கர் நாலு கேட்டேன். பாட்டுச் சத்தத்தைக் கூட்டிக் கொடுக்கிற, அதற்கேற்ற சின்ன அம்ப் ஒன்று, தடித்த வயர், பியூஸ், துரு ஏறாத ஆணி. பஸ்ஸில் திரும்பி வரும்வரை நீங்கள் முகத்தைத் தூக்கி வைத்திருந்தீர்கள். "கையளவுதான் இருக்கு. இது கத்துமா, கெஞ்சுமா?" என்று பாலாவிச் சந்தியில் ஒருமுறை கேட்டீர்கள்.

பூட்டும்போதும் நீங்கள் விடவில்லை. நாலும் வெளிப்பக்கம் பார்க்க வேண்டும் என்றீர்கள். வெளியில் சத்தம் காற்றோடு போய்விடும், எஞ்சின் இரைச்சலுக்கு மேலால் ஓட்டுகிறவர் காதில் விழ வேண்டுமானால் முன்னால் இருப்பது அவர் நெஞ்சைப் பார்க்க வேண்டும் என்றேன். "எனக்குக் கேட்டு என்ன செய்ய? ஊருக்குக் கேட்கோணும்." கடைசியில் முன்னுக்கு இரண்டு உங்களைப் பார்த்தபடி, பின்னுக்கு இரண்டு ஊரைப் பார்த்தபடி. அம்ப்பைத் தண்ணி புகாத டப்பாவில் போட்டு சீட்டுக்குக் கீழே ஒளித்தேன். பியூஸைப் பெட்டரிக்குப் பக்கத்திலேயே வைத்தேன். ரோட்டோரத்தில், வேப்பமரத்தடியில், பாயை விரித்துப் படுத்து வயர் இழுத்தேன். போகிறவர் வருகிறவர் எல்லாரும் நின்று பார்த்தார்கள். நீங்கள் கதிரையைக் கொண்டுவந்து எனக்குப் பக்கத்தில் போட்டு, கால்மேல் கால் போட்டு உட்கார்ந்து, அவர்களைப் பார்த்தீர்கள்.

முதல் தடவை ஸ்டார்ட் பண்ணியபோது பாட்டோடு சேர்ந்து ஒரு கீச்சுச் சத்தம். எஞ்சினை முறுக்க முறுக்க அதுவும் ஏறியது. "பாட்டுக்குள்ள நுளம்பு பூந்துட்டுது" என்றீர்கள். மைனஸ் வயரைச் சட்டத்தில் பெயிண்டுக்கு மேலாலேயே முறுக்கியிருந்தேன். கழற்றி நேரே பெட்டரிக்குக் கொண்டுபோனேன். நுளம்பு செத்தது.

இரண்டாவது நாள் கடற்கரையில் கரைவலை இழுக்கிறவர்களுக்குப் பாட்டுப் போட்டுக் காட்டுவதற்காக எஞ்சினை நிறுத்திவிட்டு நீண்ட நேரம் ஓடவிட்டீர்கள். பெட்டரி இறங்கிவிட்டது. வலை இழுக்கிற ட்ரக்டர் கயிறு கட்டி உங்களை இழுத்து வந்தது. தெருவே சிரித்தது. "பொம்புளப் புள்ள பூட்டினா இப்பிடித்தான்" என்று ஒருவர் எனக்குக் கேட்கும்படி சொன்னார். ஸ்பேனரைக் கையில் எடுத்தேன். எல்லாவற்றையும் கழற்றிவிடுவோம் என்றேன்.

"எதுக்கு? பிழை எங்க?"

"சாவியை மூடினாப் பாட்டும் நிக்கிற மாதிரி செய்திருக்கோணும். செய்யல்ல."

"அப்ப செய்." அவ்வளவுதான் சொன்னீர்கள். செய்தேன். அடுத்த நாள் காலை அதே கடற்கரைக்கு, அதே ஆட்கள் முன்னால், அதே பாட்டோடு போனீர்கள். கயிறு கட்டி இழுத்து வந்த ட்ரக்டர்க்காரர் உடப்பு ஊரைச் சேர்ந்தவர். அவர்தான் பிறகு என் முதல் வாடிக்கைக்காரர். கோயில் திருவிழாவுக்கு ட்ரக்டரில் லைட்டும் ஸ்பீக்கரும் பூட்ட வேண்டும், "உங்கட மகள் வருவாவா ஐயா?" என்று வீட்டுக்கு வந்து கேட்டார்.

அந்த மாலையை மட்டும் நான் மறக்க மாட்டேன், வாப்பா. மஃரிப் தொழுகைக்குப் பிறகு பள்ளிவாசல் நிர்வாகத்தில் இருந்த ஒருவர் வந்தார். நல்ல மனிதர்தான், நமக்கு உதவியும் செய்தவர். பள்ளியில் பாங்கு சொல்லும்போது நீங்கள் ஒருநாளும் பாட்டை ஓடவிட்டதில்லை என்று அவருக்கும் தெரியும். தேத்தண்ணியை ஆற்றிக் குடித்துவிட்டு மெல்லத் தொடங்கினார்.

"சத்தம் கொஞ்சம் கூட. புள்ளைகளுக்குப் பள்ளிக்கூடத்தில சோதனை நடக்குது."

"அது சரி. பள்ளிக்கூட ரோட்டால இனிப் பாட்டோட போக மாட்டன்" என்றீர்கள் உடனே.

"அதோட… சொல்றன் எண்டு கோபிக்க வேணாம். வந்த சனம் கொஞ்சம் அடங்கி இருக்கிறதுதான் அழகு. பொம்புளப் புள்ளையையும் ரோட்டோரத்தில படுத்து வயர் இழுக்க விடுறீங்க. நாலு பேர் கதைக்கிறாங்க."

நான் கதவுக்குப் பின்னால் நின்றேன். பஸ் யன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டு வந்த அதே வாப்பாதான் இப்போதும் தலையாட்டப் போகிறார் என்று நினைத்தேன். நீங்கள் எழும்பினீர்கள். உங்கள் குரல் அவ்வளவு உயரும் என்று எனக்கு அதுவரை தெரியாது.

"சத்தம் கூட எண்டு சொல்லுங்க, குறைக்கிறன். வந்தவன் எண்டு சொன்னீங்க எண்டா குறைக்க மாட்டன். உங்கட ஆக்கள் தந்த சோத்துக்கு மவுத்தாகும் மட்டும் துஆ செய்வன். ஆனா அந்தச் சோறு எண்ட புள்ளைட வாயைக் கட்டுறதுக்குத் தந்தது இல்ல. அவ இந்த மண்ணில பொறந்தவ. ரோட்டோரத்தில வேலை செய்றா, களவெடுக்கல்ல. கதைக்கிற நாலு பேரையும் வரச் சொல்லுங்க. அவங்கட வண்டியையும் கொண்டு வரட்டும்."

அவர் எழும்பிப் போய்விட்டார். நீங்கள் கதிரையில் உட்கார்ந்தீர்கள். உம்மா தண்ணீர் கொண்டுவந்து தந்தா. ஒரு வாரம் நம் வீட்டுக்கு ஒருவரும் வரவில்லை. கடையில்கூட முகம் கொடுக்கவில்லை. நீங்கள் ஒவ்வொரு நாளும் பள்ளிவாசலுக்குப் போய் அதே மனிதருக்குப் பக்கத்தில் நின்று தொழுதீர்கள். பள்ளிக்கூட ரோட்டில் வாயை மூடிக்கொண்டு போன பைக், அதைத் தாண்டியதும் பாடியது. ரேடியோக் காலத்துப் பழைய பாட்டு, பைலா, நோன்பு வந்தால் கஸீதா. பிறகு ஒருநாள் அந்த மனிதர் தன் வேனின் ஹோர்ன் அடிக்குதில்லை என்று கொண்டுவந்து நிறுத்தினார். நீங்கள் ஒன்றும் நடக்காதது போல அவருக்குக் கதிரை போட்டீர்கள்.

நீங்கள் போனது ஒரு வெள்ளிக்கிழமை விடியலில், நெஞ்சு நோவில். தூக்கிக்கொண்டு போக வண்டி வருவதற்குள் முடிந்துவிட்டது. கத்தாரிலிருந்து வந்த நானா, உங்களுக்காகக் கத்தம் ஓதி முடிந்ததும் சொன்னார்: "அந்த பைக்க வித்துருவம். ஸ்பீக்கரையாவது கழட்டு. மையத்து வீட்டில பார்க்க ஒரு மாதிரி இருக்கு." நான் கழற்றவில்லை. விற்கவும் விடவில்லை. பாலாவி ரோட்டில் கராஜுக்கு இடம் எடுத்தது அதன் பிறகுதான்.

இனி உங்களுக்குத் தெரியாத கதை. போன மாதம் தில்லையடியிலிருந்து ஒரு குடும்பம் என்னைப் பெண் பார்க்க வந்தது. மாப்பிள்ளை நல்லவர் என்றார்கள். நானா போனில், கத்தாரிலிருந்து எல்லாருக்கும் கேட்கும்படி கதைத்துக்கொண்டிருந்தார். உம்மா தேங்காய்ப்பாலும் கருப்பட்டியும் போட்டு வட்டிலப்பம் செய்திருந்தா. கதை நன்றாகத்தான் போனது. முடிகிற நேரத்தில் மாப்பிள்ளையின் உம்மா சொன்னா:

"புள்ளையில ஒரு குறையும் இல்ல. கல்யாணத்துக்குப் பொறகு அந்தக் கராஜ மட்டும் மூடிரோணும். அவ்வளவுதான்."

"அது பரவாயில்ல மாமி, மூடிரலாம்" என்றார் நானா போனுக்குள்ளிருந்து.

உம்மா நான் இருந்த பக்கம் பார்க்கவில்லை. ஒருவரும் பார்க்கவில்லை. நான் உள்ளறையில் இருந்தேன், கூப்பிட்டால்தான் வர வேண்டும். கூப்பிடாமலே வந்தேன்.

"மாமி, தேத்தண்ணிக்குச் சீனி காணாது எண்டு சொல்லுங்க, போட்டுத் தாறன். வீட்டு வேலை தெரியாது எண்டு சொல்லுங்க, பழகுறன். கராஜ மூடச் சொல்லாதீங்க. நான் மூட மாட்டன்."

என் சத்தம் அடுத்த வீட்டு வளவுக்கும் கேட்டிருக்கும். அவர்கள் மரியாதையாகத்தான் விடைபெற்றுப் போனார்கள். நானா போனை வைத்துவிட்டார், இன்னும் சரியாகக் கதைப்பதில்லை. வீடு வெறுமையாகிவிட்டது. பயமாகவும் இருந்தது, வாப்பா. பொய் சொல்ல மாட்டேன். நல்ல இடம் ஒன்றைக் கையால் தள்ளிவிட்டேனோ என்று அன்றிரவு நினைத்தேன். காலையில் எழும்பினபோது அந்தப் பயம் இருந்தது, ஆனால் வருத்தம் இல்லை. இப்போதும் அப்படித்தான் இருக்கிறது.

அவர்கள் போன கையோடு உம்மா கோப்பைகளை அடுக்கிக்கொண்டே சொன்னா: "உங்க வாப்பா இருந்திருந்தா இப்பிடிக் கத்த விட்டிருக்க மாட்டாரு."

"வாப்பா இருந்திருந்தா நான் கத்த வேண்டி வந்திருக்காது உம்மா" என்றேன்.

உம்மா கோப்பையைக் கீழே வைத்தா. என்னை நிமிர்ந்து பார்த்தா. பிறகு உள்ளே போய், ஒருவரும் தொடாத வட்டிலப்பத்தை எடுத்துவந்து இரண்டு பீங்கானில் வெட்டி வைத்தா. பெரிய துண்டு எனக்கு.