ஆறும் ஏழும் தவிர

அன்புள்ள பாப்பாவுக்கு அப்பா எழுதறது. இங்க நாங்க மூணு பேரும் சுகமா இருக்கோம், நீயும் அங்க வேளாவேளைக்குச் சாப்பிட்டு நல்லபடியா இருப்பேனு நம்பறேன். அம்மாவுக்கு முட்டிவலி குறைஞ்சிருக்கு, வாய்தான் குறையல. தம்பி புதுசா மீசை வளர்த்துக்கிட்டு கண்ணாடி முன்னாடியே குடித்தனம் நடத்தறான். போன்ல சொல்லாம எதுக்கு லெட்டர்னு யோசிப்பே. நான் இழுக்க ஆரம்பிச்சாலே சரிப்பா விடுங்கனு நீ வச்சிடறே, அதுவும் இல்லாம நீ கேட்ட சர்டிபிகேட்டைத் தபால்ல அனுப்பித்தான் ஆகணும், கூடவே இதையும் வச்சிட்டேன். சர்டிபிகேட் நீ கேட்ட மாதிரி இல்லைம்மா. அதை முதல்லயே சொல்லிடறேன்.

இதுவரைக்கும் எங்கிட்ட நீ எதுவும் கேட்டதில்லை. போன வாரம்தான் முதல் தடவையா, அந்த ரெண்டு வருஷத்தை எப்படியாவது சரி பண்ண முடியாதாப்பானு கேட்டே. தமிழ் வழியில படிச்சவங்களுக்குனு அரசாங்க வேலையில ஒதுக்கற இடத்துக்கு, ஒண்ணாவதுல இருந்து ஒரு வருஷம் விடாம தமிழ்லயே படிச்சிருக்கணும். உனக்கு வயசு வரம்பு இந்த வருஷத்தோட முடியுது. போன தடவை மூணே மார்க்குல போச்சு. உன்னைவிடப் பதினோரு மார்க் கம்மியா வாங்கின நம்ம தெரு தையல்காரர் பொண்ணு அந்த ஒதுக்கீட்டுல போய் இப்ப பத்திரப்பதிவு ஆபீஸ்ல உட்கார்ந்திருக்கா. அவ மேல எனக்கு வருத்தம் இல்லை, பத்து வருஷமும் எங்க ஸ்கூல்லயே படிச்சவ, அவளுக்குச் சேர வேண்டிய இடம்தான். அவ சர்டிபிகேட்டை எழுதினதும் நான்தான். இருபத்தாறு வருஷமா ஸ்கூல் கிளார்க்கா ஊர்ப் பிள்ளைங்களுக்கெல்லாம் எழுதிக் குடுத்த கைக்கு, பெத்த பொண்ணுக்கு எழுத வக்கில்லாம போச்சு.

ஏன் உன்னை அஞ்சாவதோட நிறுத்திக் கொண்டுபோய் அந்த இங்கிலீஷ் மீடியத்துல சேர்த்தேன்னு நீ கேட்டதே இல்லை, நானும் சொன்னதில்லை. அந்த வருஷம் ஆடிட்டுக்கு வந்த ஆபீசர் இங்கிலீஷ்ல ஏதோ கேட்டார். எனக்குப் பதில் தெரியும், வாய்தான் வரல. ஹெட்மாஸ்டர் முன்னாடி மரம் மாதிரி நின்னேன். மறுநாளே உன் டி.சி.யை நானே எழுதினேன். அம்மா வேண்டாம்னு எவ்வளவோ சொன்னா, உனக்கு என்ன தெரியும்னு வாயை அடைச்சிட்டேன். நான் பட்ட அவமானத்துக்கு மருந்து நீதான்னு நினைச்சேன், முட்டாள்தனம். அங்க போனப்புறம் தினமும் உன் தண்ணி பாட்டில் நிரப்பினது நிரப்பினபடியே திரும்பி வந்துச்சு. திமிருனு உன்னைத் திட்டினேன். வெளியே போகணும்னு டீச்சர்கிட்ட இங்கிலீஷ்ல கேட்கத் தெரியாம, போக வேண்டிய அவசியமே வரக்கூடாதுனு நீ தண்ணியே குடிக்காம இருந்திருக்கேனு அம்மாவுக்குத் தெரியவே ஒண்ணேமுக்கால் வருஷம் ஆச்சு. ஏழாவது பரீட்சை முடிஞ்ச அன்னிக்கே அவதான் உன் கையைப் பிடிச்சு எங்க ஸ்கூலுக்குத் திரும்பக் கூட்டிட்டு வந்தா. நீ எட்டாவதுல உட்கார்ந்தே. நான் எல்லாம் சரியாயிடுச்சுனு நிம்மதியா இருந்துட்டேன்.

நேத்து உன் அட்மிஷன் ரெஜிஸ்டரை எடுத்து மேஜை மேல வச்சேன். இப்ப இருக்கிற ஹெட்மிஸ்ட்ரஸ் தங்கமான மனுஷி, நம்ம வீட்டுப் பொண்ணுதானே சார், ஒண்ணுல இருந்து பத்துனு எழுதுங்க, நான் கையெழுத்துப் போடறேன்னாங்க. பேனாவை எடுத்துட்டேன் பாப்பா, பொய் சொல்ல மாட்டேன், ஒண்ணுனு எழுதியும் விட்டேன். அப்புறம் கை ஓடல. வேலையில சேர்ந்தப்புறம் ஸ்கூல் ஸ்கூலா விசாரிக்கறாங்க. அப்படி விசாரிச்சு நாலு வருஷம் வேலை பார்த்தவரையே வீட்டுக்கு அனுப்பியிருக்காங்க. அன்னிக்கு நான் நின்ன மாதிரி நீ ஒரு ஆபீசர் முன்னாடி பதில் இல்லாம நிக்கறதை நினைச்சுப் பார்த்தேன். ஒரு தடவை உன்னைக் கேட்காம உன் வாழ்க்கையில கை வச்சது போதும். வேற தாள் எடுத்து, ஆறும் ஏழும் தவிரனு உள்ளதை உள்ளபடி எழுதிட்டேன். ஒதுக்கீட்டுக்கு இது உதவாது. பொதுவுல எழுது, மூணு மார்க் உன்னால எட்டாத உசரம் இல்லை. கிடைக்கலைன்னா கோபத்தை என் மேல காட்டு, உன் மேல காட்டிக்காதே.

ரெஜிஸ்டர்ல ஸ்கூலை விட்டதுக்குக் காரணம்னு ஒரு கட்டம் இருக்கு. அதுல பெற்றோர் விருப்பம்னு எழுதியிருக்கு, என் கையெழுத்துதான், முத்து முத்தா. நேத்து சர்டிபிகேட்லயும் குறிப்புங்கற இடத்துல அந்த ரெண்டு வருஷத்துக்குக் காரணம் எழுதினேன். தந்தையின் விருப்பம், மாணவியின் விருப்பம் அன்று. இதெல்லாம் யாரும் கேட்கலையே சார்னு ஹெட்மிஸ்ட்ரஸ் சொன்னாங்க. இருக்கட்டும் மேடம்னேன். கையெழுத்துப் போட்டுக் குடுத்தாங்க.

நீ நல்லா இருப்பே, அதுல எனக்குச் சந்தேகமே இல்லை. லீவு கிடைச்சா ஒரு நடை வந்துட்டுப் போ, அம்மா வாசலையே பார்த்துட்டு இருக்கா, நானும்தான். அங்க வெயில் ஜாஸ்தின்னு தம்பி சொன்னான். ஆபீஸ்ல தண்ணி குடிக்க மறந்துடாதே.

இப்படிக்கு,
உன் அப்பா