நாற்காலி கொடுத்த வீடு

என் அருமைப் பிலோ,

நீ கண்ணை மூடிய பிறகு உனக்கு எழுதும் முதல் கடிதம் இது. நல்ல செய்தி ஒன்றாவது சேரட்டும், பிறகு எழுதலாம் என்று தள்ளிக்கொண்டே வந்தேன். இனியும் தள்ள முடியாது. வியாழக்கிழமைக்குள் உன்னிடம் இதைச் சொல்லியாக வேண்டும். இதை நம் பங்குக் கோயில் இதழிலும் போடச் சொல்லப்போகிறேன். உன்னிடம் ஒளிக்காததை ஊரிடம் ஒளிப்பானேன்?

நீலசந்திராவில், கோயிலுக்குப் பின்னால், நீ தகரக் கூரை போட்டு ஆரம்பித்த பால் நிலையம் இன்னும் நடக்கிறது. கடல் கடந்து பால் பவுடர் இன்னும் வருகிறது. காலையில் பிள்ளைகள் பால் அட்டையும் டம்ளருமாக வரிசையில் நிற்கிறார்கள். வாசலில் உன் பெயர் எழுதிய பலகை தொங்குகிறது. உன் மகன் அந்தோணிதான் இப்போது கமிட்டிச் செயலாளர். நன்றாக உழைக்கிறான். அதை முதலில் சொல்லிவிடுகிறேன், பின்னால் வருவதைப் படித்து நீ அவனை வேறு மாதிரி நினைத்துவிடக் கூடாது.

பவுடர் அனுப்புகிறவர்களிடமிருந்து புதிதாக ஒரு கேள்வி வந்தது. எத்தனை பேர் குடிக்கிறார்கள் என்பது மட்டும் போதாதாம். வாங்கிக் குடிக்கிறவர்கள் இந்த உதவியைப் பற்றி என்ன சொல்கிறார்கள் என்று விசாரித்து எழுத வேண்டுமாம். கமிட்டியில் எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். "நீங்க போனாத்தான் சரியா இருக்கும் அத்தை. ஒரு கமா கூட விடமாட்டீங்க" என்றான் அந்தோணி. பாராட்டா கேலியா என்று தெரியவில்லை. பாராட்டு என்றே எடுத்துக்கொண்டேன்.

இதுவரை விசாரணை எப்படி நடந்தது தெரியுமா? பவுடர் அனுப்புகிறவர்கள் விருந்தினராக வரும் நாளில் தாய்மாரை வரிசையாக நிற்க வைத்து, கமிட்டி முழுவதும் எதிரில் நின்று, "பால் எப்படிம்மா இருக்கு?" என்று கேட்பது. "நல்லா இருக்குதுங்க" என்று எல்லோரும் ஒரே குரலில் சொல்வது. கான்வென்ட் சாப்பாட்டு அறையில் மதர் கையைக் கட்டிக்கொண்டு நின்று, யாருக்காவது குறை உண்டா என்று கேட்பாரே, அது போலத்தான். நாங்கள் என்றைக்காவது வாய் திறந்தோமா? ஆகவே நான் வீடுகளுக்கே போவதென்று முடிவு செய்தேன். கமிட்டியில் யாரையும் கூட்டிப்போகவில்லை. யார் என்ன சொன்னாலும் பெயர் வெளியே வராது என்று வாக்குக் கொடுத்துவிட்டுத்தான் கேட்பேன் என்றும் சொல்லிவிட்டேன்.

ஜட்கா வண்டியில்தான் போனேன். அந்தச் சந்தில் நடந்து போக எனக்கு மனம் வரவில்லை. வண்டி நின்றதும் பெண்கள் கூடிவிட்டார்கள். "தொரசானியம்மா வந்துக்கீறாங்க, குந்த எதனா கொண்டாங்கடி" என்று ஒருத்தி கத்தினாள். பாய் விரித்தார்கள். முழங்கால் மடங்காது என்று சொன்னேன். மடங்கும், பிலோ. சொன்னேன், அவ்வளவுதான்.

அந்தச் சந்தில் நாற்காலி இருந்தது ஒரே ஒரு வீட்டில். குப்பம்மா வீட்டில். அவள் புருஷன் அந்தக் காலத்தில் ஒரு வெள்ளைக்கார அதிகாரியின் பங்களாவில் சமையல் வேலைக்கு இருந்தவன். நாற்பத்தேழில் அவர்கள் மூட்டை கட்டியபோது ஏலத்தில் எடுத்த நாற்காலியாம். குப்பம்மா அதை முந்தானையால் துடைத்துப் போட்டாள். கூலிக்கு உருட்டி வாசலில் காயப் போட்டிருந்த ஊதுபத்திகளை ஓரமாக ஒதுக்கி வழி விட்டாள். நான் உட்கார்ந்தேன். மற்றப் பெண்கள் எல்லோரும் அந்த வீட்டுக்குள்ளேயே வந்து தரையில் உட்கார்ந்தார்கள். வெளியே ஜட்கா நின்றது.

பிறகு ஒருத்தி சிரித்துக்கொண்டே ஆரம்பித்தாள். "வெள்ளக்காரன் காரு நம்ம ரோட்ல திரும்புச்சின்னா பாலுக்கு உசுரு வந்துரும்மா. அன்னிக்கு ஆடை கட்டும். மத்த நாளு பாத்திரம் கழுவுன தண்ணி."

"நீ சும்மா இருடி" என்றாள் இன்னொருத்தி. "அதுவும் இல்லாம போயிடப் போவுது."

"இன்னாத்துக்கு சும்மா இருக்கணும்? அம்மா கேக்கறாங்க, சொல்றேன். வாரம் ஒருதபா அந்தக் காரு வந்தா எம்புள்ள தேறிடுவான்."

எல்லோரும் சிரித்தார்கள். பிறகு ஒவ்வொருத்தியாகப் பேசினார்கள். எல்லோரும் சொன்னது ஒன்றுதான். சொன்னவர்களின் பெயரை உன்னிடமும் சொல்லமாட்டேன். இதை மற்றவர்களும் படிப்பார்கள். ஆனால் ஒன்று மட்டும் சொல்கிறேன். குப்பம்மா வாயே திறக்கவில்லை. எனக்கு டீ போட்டுக்கொண்டிருந்தாள்.

கேட்டதைக் கேட்டபடி எழுதி, பெயர் எதுவும் இல்லாமல் கமிட்டியில் படித்தேன். அந்தோணி தலை குனிந்தபடி கேட்டான். நல்ல பிள்ளை, திருத்திக்கொள்வான் என்று நினைத்து வீட்டுக்கு வந்தேன்.

அடுத்த வாரம் காலையில் பால் நிலையத்துக்குப் போனேன். வரிசைக்கு வெளியே, சுவரோரமாக, குப்பம்மாவின் மகள் செல்வி நின்றாள். நாலு வயசு இருக்கும். கையில் டம்ளர் இருந்தது, அட்டை இல்லை. "என் சீட்டை வாங்கிக்கினாங்க" என்றாள். மற்றப் பிள்ளைகள் குடித்து முடிக்கும்வரை அங்கேயே நின்றாள். நானும் நின்றேன்.

உன் மகனிடம் கேட்டேன். "அவ அப்பன் சம்பாதிக்கிறான் அத்தை. நாற்காலி போட்டு உக்கார்ற குடும்பம். இது ஏழைகளுக்கு" என்றான்.

"போன மாசம் ஏழையா இருந்தாங்களா?"

"அத்தை, நீங்க எந்த வீட்டுல உக்காந்தீங்கன்னு நீலசந்திரா முழுக்கத் தெரியும். ஜட்கா அங்கதானே நின்னுச்சு. பேரு எழுதலைன்னா என்ன?"

"அவ ஒண்ணும் சொல்லலை அந்தோணி."

"அப்ப சொன்னது யாரு? அதைச் சொல்லுங்க. இவ சீட்டை இப்பவே குடுத்துடறேன்."

யோசித்துப் பார், பிலோ. ஒரு பிள்ளைக்குப் பால் திரும்பக் கிடைக்க இன்னொரு தாயை நான் காட்டிக்கொடுக்க வேண்டும். பாயில் உட்கார்ந்திருந்தால் என்ன குறைந்திருக்கும்? நாலு வீட்டு வாசலில் நாலு நிமிஷம் நின்று பேசியிருந்தால்கூட ஒரு வீடு தனியாகத் தெரிந்திருக்காது. பெயரை மறைப்பதற்கு அவ்வளவு மெனக்கெட்டவள், வண்டியை மறைக்க நினைக்கவில்லையே.

அந்தோணி திருடன் இல்லை. பவுடர் ஒரு பிடிகூட வெளியே போகவில்லை, அதை நானே பார்த்துவிட்டேன். அனுமதித்ததற்கு மேல் பிள்ளைகளைச் சேர்த்திருக்கிறான். பவுடர் அதே அளவு. ஆகவே தண்ணீர் கூடிவிட்டது. "வாசல்ல வந்து நிக்கிற புள்ளையைப் போன்னு சொல்லச் சொல்றீங்களா? அம்மா சொல்வாங்களா?" என்று என்னைக் கேட்டான். என்னால் அப்படிச் சொல்ல முடியாது. நீயும் சொல்லியிருக்கமாட்டாய். ஆனால் விருந்தினர் வரும் அன்று மட்டும் பால் ஏன் கெட்டியாகிறது என்று நான் கேட்டேன். பவுடர் போதவில்லை என்று அனுப்புகிறவர்களிடம் சொல்லியிருந்தால் இன்னும் கொஞ்சம் அனுப்பியிருப்பார்களோ, அல்லது நிறுத்தியிருப்பார்களோ? கேட்டுப் பார்த்தால்தானே தெரியும்?

நேற்று குப்பம்மாவிடம் போய், செல்வி தினமும் என் வீட்டுக்கு வந்து பசும்பால் குடிக்கட்டும் என்றேன். அவள் கையிலிருந்த ஊதுபத்தியைக் கீழே வைக்கவில்லை. "வேணாம்மா. தனியா வந்து குடிச்சா, நாங்க ஏழைங்க இல்லைன்னு அவங்க சொன்னது நிஜமாயிடும். எம்பொண்ணு எல்லாரோடயும் நின்னு குடிக்கட்டும்" என்றாள். பிறகு, "எம்பேரை எங்க வேணா எழுதிக்கோங்க. அதான் தெரிஞ்சுபோச்சே. சொன்னவ பேரை மட்டும் வுட்டுருங்க. அவளுக்கு மூணு புள்ளைங்க" என்றாள்.

அவளுக்குக் கோபம் இருந்திருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும். பழைய மாதிரியே "குந்துங்கம்மா" என்றாள்.

வியாழக்கிழமை, பவுடர் அனுப்புகிறவர்களின் பிரதிநிதி வருகிறார். என்னிடம் இப்போது இரண்டு விஷயங்கள் இருக்கின்றன. ஒன்று, பெண்கள் சொன்னது. இன்னொன்று, நானே பார்த்தது: குறை சொன்னதாகச் சந்தேகப்பட்டு ஒரு குழந்தையை வரிசையிலிருந்து நீக்கினார்கள். இரண்டாவதற்குச் சாட்சி நான். யாருடைய பெயரும் வேண்டாம். அதை அவர் முன்னால், அந்தோணி உட்கார்ந்திருக்கும்போதே படிக்கப்போகிறேன். அவன் முதுகுக்குப் பின்னால் எதுவும் செய்யக்கூடாது என்று நேற்று மாலை வீட்டுக்குக் கூப்பிட்டுப் படித்துக் காட்டிவிட்டேன்.

கடைசிவரை கேட்டான். "பவுடரை நிறுத்திட்டாங்கன்னா? ஒரு புள்ளைக்காக எல்லாப் புள்ளைங்க வாயிலும் மண்ணு போடுவீங்களா அத்தை?" என்றான். அவன் கண் கலங்கியிருந்தது. உன் கண், பிலோ, அச்சு அசல்.

இரவு முழுவதும் அந்தக் கேள்விதான். அவன் சொல்வது நடக்கக் கூடும். பலகையிலிருந்து உன் பெயரை இறக்கவும் கூடும். உன் அண்ணன் இருந்திருந்தால் சத்தம் போடாமல் பேசித் தீர்த்துக்கொள் என்றிருப்பார். நீ என்ன சொல்வாய்? வாய் திறந்தால் டம்ளர் போய்விடும் என்று பயந்து நிற்கும் தாய்மாருக்குப் பால் ஊற்றத்தான் அந்தக் கூரையைப் போட்டாயா? எனக்கு அப்படித் தோன்றவில்லை. தவறாகவும் இருக்கலாம். இந்த வயதில் ஒன்றைப் பற்றி இவ்வளவு நிச்சயமில்லாமல் இருந்ததில்லை.

ஆனாலும் உனக்கு வாக்குக் கொடுக்கிறேன். செல்வியின் அட்டையைக் கேட்டு வாங்காமல் வியாழக்கிழமை அந்த அறையிலிருந்து எழுந்திருக்கமாட்டேன். இருப்பதற்கு ஏற்பப் பாலை மெல்லியதாக்கினாலும் எல்லா நாளும் ஒரே பாலாக இருக்க வேண்டும் என்றும், எத்தனை பிள்ளைகள் என்பதை உள்ளபடி சொல்லி அதிகம் கேட்க வேண்டும் என்றும், அந்தோணியின் பக்கத்தில் நின்று நானும் கேட்பேன். அப்படியும் பால் நின்றுபோனால், யாரால் நின்றது என்று அந்தத் தாய்மார் கேட்பார்கள். என் பெயரைச் சொல்வேன். வேறு எந்த வீட்டையும் காட்டமாட்டேன்.

கோபித்துக்கொள்வதானால் என்னைக் கோபித்துக்கொள். உன் மகனை விட்டுவிடு.

அவனுக்கு அத்தையாகவும் உனக்கு என்றும் அண்ணியாகவும் இருக்கிற,
கிரேஸ்