அந்த ஐந்தாவது மேட்ச்

என் பிரியமான மச்சான்,

அஸ்ஸலாமு அலைக்கும். எல்லோரும் உங்கள் பேருக்கு முன்னால் மர்ஹூம், காலமானவர் என்று சேர்த்துச் சொல்லப் பழகிவிட்டார்கள். எனக்கு இன்னும் வாய் வரவில்லை. நான் பழையபடியே மச்சான் என்று கூப்பிடுகிறேன். நீங்களும் பழையபடியே போனிலிருந்து தலையைத் தூக்காமல் "ம்" போட்டுக்கொண்டு கேளுங்கள்.

தலை சுற்றுகிற ஒரு விஷயம். உங்களிடம் கேட்காமல் நான் வேறு யாரிடம் கேட்பது? உங்கள் டயமண்டைக் காணவில்லை.

நகை என்று நினைத்துவிடாதீர்கள், நீங்கள் எனக்கு எந்தக் காலத்தில் டயமண்ட் வாங்கித் தந்தீர்கள்? நீங்கள் போனில் ஆடுகிற கேமில் உங்கள் பேருக்குக் கீழே நீலமாக மினுங்குமே, அதைச் சொல்கிறேன். அது கிடைத்த அன்றைக்கு மாத்தளை டவுனுக்கே கேட்கிற மாதிரி ஒரு சத்தம் போட்டீர்கள். மாமி பயந்து, கையிலிருந்த தேத்தண்ணியை மடியில் ஊற்றிக்கொண்டார். "மோதிரத்துல வெச்சுத் தர ஏலுமா இந்த டயமண்ட?" என்று நான் கேட்டேன். "நஸீமா, இது காசு குடுத்து வாங்க ஏலாத சாமான்" என்றீர்கள். ஐம்பதை எட்டிப் பிடிக்கப் போகிற மனுஷர், மீசைக்குள் சிரித்துக்கொண்டு.

உங்கள் போனை நான் தினமும் சார்ஜ் போட்டு வைக்கிறேன். ஏன் என்று கேட்காதீர்கள். அடிக்கடி அந்தக் கேமைத் திறந்து உங்கள் பேரையும் டயமண்டையும் ஒரு தரம் பார்த்துவிட்டு மூடுவேன். நம் மிளகுக் கடையில் உங்கள் கதிரையில் உங்கள் தம்பி நவாஸ் உட்கார்ந்துவிட்டார். மிளகுக்காரர்கள் எல்லாம் அவர் நம்பருக்குத்தான் எடுக்கிறார்கள். நீங்கள் விட்ட இடத்திலேயே நீங்கள் இருந்த ஒரே இடம் அந்தக் கேம்தான்.

போன கிழமை திறந்தால் டயமண்ட் இல்லை. சாம்பல் நிறத்தில் ஒரு வெறும் வட்டம். புது சீசன் தொடங்கிவிட்டதாம், உங்களுக்கு ரேங்க் இல்லையாம், ஐந்து பிளேஸ்மண்ட் மேட்ச் ஆடினால்தான் எந்தப் படி என்று சொல்வார்களாம். எனக்கு வயிறு எரிந்தது மச்சான். எத்தனை வருஷம் ஆடி வாங்கியது! நேற்றுவரை டயமண்ட், இன்றைக்கு நீ யாரென்று தெரியாது என்றால் என்ன நியாயம் இது? மனுஷர்கள்தான் அப்படி என்றால் போனுமா?

சரி, நானே ஆடி அதைத் திருப்பி எடுத்துவிடுகிறேன் என்று உட்கார்ந்தேன். சிரிக்காதீர்கள். அத்தனை வருஷம் உங்கள் பக்கத்தில் இருந்து வெங்காயம் உரித்தவள் நான். ஐந்து பேர் இந்தப் பக்கம், ஐந்து பேர் அந்தப் பக்கம், எதிராளியின் கோபுரத்தை விழுத்த வேண்டும். நீங்கள் எப்போதும் எடுப்பது பச்சை உடுப்புப் போட்ட அந்த வைத்தியச்சியை. அடிபட்டவர்களுக்கு மருந்து போட்டுக்கொண்டு பின்னால் நிற்பதுதானே அவள் வேலை? அது எனக்கு வராதா என்று நினைத்தேன்.

வரவில்லை. நான் இத்தாவில் இருக்கிறேன். இந்தக் கடிதத்தை எட்டிப் பார்க்கிறவர்களுக்காகச் சொல்கிறேன், கணவனைப் பறிகொடுத்தவள் நாலு மாதமும் பத்து நாளும் வீட்டோடு இருக்கிற காலம் அது. பிற ஆண்களோடு பேச்சு வைத்துக்கொள்வதில்லை. மார்க்கத்தில் எவ்வளவு கண்டிப்போ தெரியாது, நம் வீட்டு வழக்கம் அப்படித்தான். மேட்ச் தொடங்கியதும் போனுக்குள்ளிருந்து ஒரு சிங்களப் பையன், "அய்யே, மைக் எக்க தான்ன!" என்று கத்துகிறான். மைக்கைப் போடு அண்ணா என்கிறான். அண்ணாவா! நான் மைக்கையும் போடவில்லை, அவன் சத்தத்தையும் அடைத்துவிட்டேன். பின்வாங்குங்கள் என்று அவர்கள் சொன்னது எனக்கு எப்படிக் கேட்கும்? நால்வரும் ஓடிவிட்டார்கள். எதிராளிகளுக்கு நடுவில் நான் மட்டும் மருந்துக் கோலோடு நின்றேன். தோல்வி.

இரண்டாவது இன்னும் மோசம். சமையல் முடித்து உட்கார்ந்தேன், நல்லாத்தான் போய்க்கொண்டிருந்தது. பள்ளியில் மத்தியான லுஹர் தொழுகைக்குப் பாங்கு சொன்னார்கள். என்ன செய்வது, பாங்கு சொன்னால் கையில் இருப்பதைக் கீழே வைக்கிற பழக்கம். போனை வைத்துவிட்டு முந்தானையைத் தலைக்குப் போட்டுப் பாங்குக்குப் பதில் சொன்னேன், கைகால் கழுவி வுழு எடுத்தேன், தொழுதேன். வந்து பார்த்தால், ஆட்டத்தை விட்டு ஓடியவர் என்று சிவப்பு எழுத்தில் உங்கள் பேருக்கு ஒரு எச்சரிக்கை! உங்களுக்கு, மச்சான், ஒரு நாளும் கடையை நேரத்துக்கு முந்திப் பூட்டாத உங்களுக்கு!

அப்போதுதான் எனக்கு உறைத்தது. ராத்திரி இஷாத் தொழுகை முடித்துவிட்டு வரும்வரை நீங்கள் அந்தக் கேமைத் தொட்டதே இல்லை. கடைக் களைப்பு ஆறத்தான் இரவில் ஆடுகிறீர்கள் என்று நினைத்திருந்தேன். இஷாவுக்குப் பிறகு நடுவில் பாங்கு வராது, அதற்காகத்தானா? இதைச் சொல்ல உங்களுக்கு வாயில்லையா? சொல்லியிருந்தால் அந்தச் சிவப்பு எழுத்து வந்திருக்குமா?

மாமி வேறு உள்ளே இருந்து, "என்ன புள்ள, அந்தப் போன் சும்மா சும்மா டிஃபீட் டிஃபீட்ண்டு சொல்லுது, யாருக்கும் ஏதும் சுகமில்லயா?" என்று கேட்கிறார். கேம் மாமி என்றேன். "ஆ, அவன்ட கேமா" என்றார். எட்டிப் பார்த்தேன், உருட்டி ஓதுகிற தஸ்பீஹ் மணி கையில் அப்படியே நின்றிருந்தது.

அன்றைக்கே ஒரு போன் கோல் வந்தது. உங்கள் போனுக்கு, 'ஜெசி எல்கடுவ' என்ற பேரில். உங்கள் டீமில் இருக்கிற பையன்தானே, பிற ஆண், எடுக்கக் கூடாது என்று விட்டேன். மறுபடி வந்தது. மறுபடி. சரி, ஏதும் அவசரமோ என்று எடுத்துக் காதில் வைத்து மூச்சுக் காட்டாமல் இருந்தேன்.

"அண்ணே?" ஒரு பெண் குரல், நடுங்கிக்கொண்டு. "யாருங்க அது? அண்ணே ஒன்லைன்ல இருக்காருன்னு பச்சை லைட்டு காட்டுதுங்க. அவரு தவறிட்டாருன்னு சொன்னாங்களேங்க?"

ஜெசி பெண்ணா! எல்கடுவத் தோட்டத்துப் பள்ளிக்கூடத்து டீச்சராம், முழுப் பேர் ஜெசிந்தா, கிறிஸ்தவ வேதக்காரப் பிள்ளை. இத்தனை வருஷமாக இரவில் "ஜெசி, பின்னால வா, ஜெசி, அடி அடி" என்று நீங்கள் கத்தியதெல்லாம் இந்தப் பிள்ளையோடா? கோபம் வந்தது மச்சான், மறைக்க மாட்டேன். சண்டை பிடிக்க ஆளில்லையே என்று அதற்கு மேல் கோபம் வந்தது. ஆனால் அவள் பாவம், நான் யாரென்று சொன்னதும் பாடசாலை விட்டு வருகிற வழியில் நின்று விம்மி விம்மி அழுதாள். அந்தப் பச்சை லைட்டை நான் போட்டுவிட்டதற்கு அவளிடம் மன்னிப்புக் கேட்டேன்.

பிறகு என் குழப்பத்தை எல்லாம் அவளிடம் கொட்டினேன். டீச்சர் அல்லவா, பொறுமையாகச் சொன்னாள். "அக்கா, வெளிய காட்டுற டயமண்டு வேற, உள்ளுக்குள்ள ஒளிச்சு வச்சிருக்கிற நம்பர் வேற. சீசன் மாறுனா வெளிய இருக்கிறதக் கழட்டிருவாங்க. உள்ள இருக்கிற நம்பரக் கொஞ்சம் கொறைப்பாங்க, அழிக்க மாட்டாங்க. அதப் பாத்துத்தான் எதிராளியப் போடுறது. ஒங்களுக்கு வந்தவங்க எல்லாம் அண்ணே தரத்து ஆளுங்கக்கா. ஒங்கள அடிச்சுத் தொவைக்காம என்ன செய்வாங்க?"

"அப்ப அந்த நம்பருக்கு அவரத் தெரியும்தானே? தெரிஞ்சுக்கிட்டு என்னத்துக்கு அஞ்சு மேட்ச் கேக்குது?"

"அண்ணேதான் எங்களுக்கு வெளங்கப்படுத்துனாரு. தெரிஞ்ச ஆளு மொளகு கொண்டாந்தாலும், புதுப் போகம்னா சாக்குக்குள்ள கைய விட்டுத்தான் பாப்பேன், மேல, நடுவுல, அடியிலன்னு. இந்த வருசம் எப்பிடிக் காஞ்சிருக்கோ யாரு கண்டான்னு சொல்வாரு. அந்த அஞ்சு மேட்சும் அப்பிடித்தான் கைய விட்டுப் பாக்குறது. அதனால அந்த அஞ்சுக்கும் கனம் ஜாஸ்தி. ஜெயிச்சா மளமளன்னு ஏறும், தோத்தா மளமளன்னு எறங்கும். பொறகு ஆடுறதுக்கு அவ்வளவு ஏத்த எறக்கம் இல்லக்கா."

நீங்கள் இரவில் மிளகுச் சாக்கைப் பற்றி விலாவாரியாகப் பேசியதை நான் கேட்டிருக்கிறேன். பல்லேபொல மிளகுக்காரர் யாரோடோ வியாபாரம் பேசுகிறீர்கள் என்று நினைத்து, சத்தம் போடாமல் தேத்தண்ணி வைத்துவிட்டுப் போயிருக்கிறேன்.

மிளகு எனக்கு விளங்கிவிட்டது. குழப்பம்தான் தீரவில்லை. சாக்கில் உங்கள் பேர், உள்ளே இருப்பது என் மிளகு. அந்தக் கேம் நீங்கள் இன்னும் இருப்பதாகத்தானே நினைத்து உங்கள் தரத்து ஆட்களைக் கொண்டுவந்து நிறுத்துகிறது? உங்களை எதிர்பார்த்துக் கையை விட்டால் நான் வருகிறேன். அதுவும் என்னைப்போலவே, இது யார், அவர் எங்கே என்று முழிக்காதா?

இனித் தொடாதீர்கள் என்று ஜெசி சொன்னாள். நான் கேட்கிற ஆளா? மூன்றாவது மேட்சில் கெட்டிக்கார ஆள் ஒருவருக்குப் பின்னாலேயே போய், சந்தையில் உங்கள் பின்னால் வருவது போல ஒட்டிக்கொண்டு மருந்து போட்டேன். வென்றோம்! மாமியைக் கட்டிப்பிடித்தேன். ஏன் என்று கேட்காமல் அவரும் என்னைக் கட்டிப்பிடித்துக்கொண்டார். அந்தத் துணிச்சலில் அடுத்ததையும் ஆடி, தோற்றேன். ஒரே ஒரு மேட்ச்தான் பாக்கி. அது முடிந்ததும் உங்களுக்கு ஒரு படியைக் கொடுத்துவிடும். தங்கமோ வெள்ளியோ, யாருக்குத் தெரியும்? பயத்தில் போனை அலுமாரிக்குள் வைத்துப் பூட்டினேன்.

ஞாயிற்றுக்கிழமை மாதா கோவில் பூசை முடிந்த கையோடு ஜெசிந்தா பஸ் ஏறி வந்துவிட்டாள். தோட்டத்துத் தேயிலை ஒரு பொட்டலம், ஒரு சீப்பு வாழைப்பழம். சின்ன உருவம், பெரிய மூக்குக்கண்ணாடி. மாமிக்கு அவளை ஒரே பார்வையில் பிடித்துவிட்டது. "அந்த ஜெசியா நீ? ஒன்னால எனக்கு எத்தன ராத்திரி நித்திர இல்ல தெரியுமா?" என்று அவள் கன்னத்தைக் கிள்ளினார்.

"அக்கா, போனக் குடுங்க. கடைசி மேட்ச நான் ஆடித் தர்றேன்" என்றாள். "வில்கமுவ சுனில் அண்ணனும் நம்ம டீமு ஆளுங்களும் ரெடியா இருக்காங்க. ஜெயிச்சுட்டா டயமண்டுக்குக் கிட்டக் கொண்டுபோயிரலாம். மிச்சத்த நாங்க மெதுமெதுவா ஏத்தி விடுறோம். அடுத்தவங்க கணக்குல ஆடக்கூடாதுதான், இருந்தாலும் அண்ணேக்காக."

போனை எடுத்துவந்து அவள் கையில் கொடுத்தேன். கொடுத்துவிட்டு விடவில்லை. அவள் ஒரு பக்கம் பிடித்திருக்கிறாள், நான் ஒரு பக்கம்.

"நீ வென்டா அது யாருட டயமண்ட் ஜெசி?"

"அண்ணே பேருலதானேக்கா இருக்கும்?"

"பேரு அவர்ட பேரு. மொளகு?"

அவள் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தாள். பிறகு போனை வாங்கி எதையோ தொட்டுத் தொட்டுப் போய், ஒரு பக்கத்தைத் திறந்து காட்டினாள். முடிந்துபோன சீசன்களின் பக்கமாம் அது. நீங்கள் ஆடிய ஒவ்வொரு சீசனும் அதில் வரிசையாக இருந்தது. வெள்ளியிலிருந்து தங்கத்துக்கு வந்தது, தங்கத்திலேயே நெடுநாள் கிடந்தது, பிறகு பிளாட்டினம். எல்லாவற்றுக்கும் மேலே நீலமாக உங்கள் டயமண்ட், ஒரு கீறல் இல்லாமல்.

"இத யாராலயும் எறக்க ஏலாதுக்கா. நீங்க தோத்தாலும் ஏலாது."

அல்லாஹ்வே! கண்ணுக்கு முன்னால் வைத்துக்கொண்டா நான் இத்தனை பாடு பட்டேன்? மாமி, ஜெசிந்தா, நான் மூன்று பேரும் அழுதோமா சிரித்தோமா என்று இப்போதும் எனக்குச் சரியாகச் சொல்லத் தெரியவில்லை. அந்தத் தோட்டத்துத் தேயிலையில் தேத்தண்ணி ஊற்றிக் குடித்தோம்.

பஸ் ஏறப் போகுமுன் அவள் என் போனில் கேமை இறக்கி, எனக்கென்று ஒரு கணக்குத் திறந்து தந்தாள். பேர் என்ன போடுவது என்று கேட்டாள். நஸீமா என்று போடச் சொன்னேன். இஷாவுக்குப் பிறகு அவளோடு மட்டும் மைக்கைத் திறந்து பேசி என் ஐந்து மேட்சையும் ஆடி முடித்தேன். எதிரே வந்தவர்களும் என்னைப்போல முட்டி மோதுகிறவர்கள்தான், எனக்கு எந்தப் பழைய நம்பரும் இல்லை அல்லவா? ஆடி முடித்ததும் போட்டார்கள் ஒரு ரேங்க்: வெண்கலம். அதிலும் கடைசிப் படி. நீங்கள் இருந்திருந்தால் விழுந்து விழுந்து சிரித்திருப்பீர்கள். எனக்கு என்னவோ, வெட்கமே வரவில்லை.

நவாஸ் தம்பி மாமியிடம் சொல்லியனுப்பியிருக்கிறார். "மைனி இத்தா முடிஞ்சாலும் வீட்டோட இருக்கட்டும், கடைய நான் பாத்துக்கிறேன்." நல்ல மனதோடுதான் சொல்கிறார், தெரியும். நான் இன்னும் பதில் சொல்லவில்லை. எனக்கும் சாக்குக்குள் கையை விட்டுப் பார்க்கத் தெரியும் என்று நீங்கள் அவரிடம் ஒரு நாளாவது சொல்லியிருக்கிறீர்களா? என் படி என்ன என்று வேறு யாரோ சொல்வதற்கு முன்னால் நானும் கொஞ்சம் ஆடிப் பார்க்க வேண்டாமா மச்சான்?

இத்தா முடிந்த அடுத்த காலை நான் கடைக்குப் போவேன், இன்ஷா அல்லாஹ். உங்கள் கதிரை எனக்கு வேண்டாம், பக்கத்தில் ஒரு ஸ்டூல் போதும். உங்கள் போனுக்குத் தினமும் சார்ஜ் போடுவேன். அதில் இன்னும் ஒரு மேட்ச் பாக்கி என்று காட்டிக்கொண்டிருக்கிறது. அதை நானும் ஆட மாட்டேன், யாரையும் ஆட விடவும் மாட்டேன். அது உங்கள் மேட்ச். அந்தக் கேம் உங்களுக்காகக் காத்துக்கொண்டு இருக்கட்டும், நானும் இருக்கிறேன்தானே.

உங்கள் மாமா மகள், உங்கள் வீட்டுக்காரி,
வெண்கலம், கடைசிப் படி,
நஸீமா