கோப்பி குடிக்க வா

மோர்னிங்சைட்
வைகாசி 2009

அன்பின் நண்பனுக்கு,

ஊரில் சண்டை முடிந்த கிழமைதான் நீயும் இந்த நாட்டுக்கு வந்து, பக்கத்து நகரமான பிறம்ரனில் இருப்பதாக அறிந்தேன்.

என்னோடு வேலை செய்யும் மிலேனா செக் நாட்டவள். கம்யூனிஸ்ட் ஆட்சி விழுந்தபின் அங்கே உளவுக் கோப்புகளைத் திறந்தார்களாம். அவளுடைய அப்பாவைக் காட்டிக்கொடுத்தவர் பக்கத்து வீட்டுக்காரர். அப்பா அவரைக் கோப்பிக்கு அழைத்து, ஏன் என்று மட்டும் கேட்டாராம்.

எங்கள் ஊரில் கோப்பு ஏது? அன்று ஆமி எங்களை வரிசையில் நிறுத்தியபோது, சாக்கால் முகம் மூடி ஆமிக்கு ஆள்காட்டும் தலையாட்டி என் தம்பியைப் பார்த்துத் தலையாட்டினான். கொண்டுபோன தம்பி திரும்பவில்லை. சாக்குக்குக் கீழே தெரிந்த செருப்பு நான் உனக்குத் தந்தது.

"உவன் வந்தால் நான் தேத்தண்ணியும் குடுக்கமாட்டன்" என்கிறாள் மனைவி. கோப்பியை நானே போடுவேன். ஞாயிறு வா.

தம்பிக்கு அடுத்ததாக நின்றவன் நான். எனக்கு ஏன் தலையாட்டவில்லை?

உன் பழைய சிநேகிதன்